பொருநைக் கரையில் முறையும் வழக்கும்

பொதிகை மலையில் தோன்றிக் கிழக்குக் கடலில் கலக்கும் தாமிரபரணியின் கரையெங்கும் திருக்கோயில்களும் நெல்வயல்களும் அடுத்தடுத்து அமைந்துள்ளன. அக்கரையில், சேரன்மகாதேவிக்குக் கிழக்கே விளங்கும் ஊர் பத்தமடை. கோரைப் பாய்க்குப் புகழ்பெற்ற இவ்வூர், சுவாமி சிவானந்தர் 1887-ஆம் ஆண்டில் அவதரித்த பெருமையும் உடையது. ஊரின் பெயரிலேயே மடை என்னும் சொல் நிற்கிறது. வாய்க்காலில் ஓடும் நீரை வயலுக்குத் திறந்து விடவும் அடைக்கவும் அமைந்த வாயிலே மடை. அம்மடையை யார் திறப்பது? எவ்வளவு பொழுது திறந்து வைப்பது? தலைமடைக்காரர் தமக்கு வேண்டிய நீரை எல்லாம் எடுத்துக்கொண்டால் கடைமடைக்காரரின் பயிர் என்ன ஆவது? இவ்வினாக்கள் எழுந்த நாளிலேயே மனிதர்களுக்குச் சட்டம் தேவைப்பட்டுவிட்டது.

அரசரும் நீதிமன்றமும் தோன்றிய பின்னரே சட்டம் பிறந்தது என்று பலர் எண்ணுகின்றனர். ஆனால், கூடி வாழத் தொடங்கிய மக்கள் தமக்குள் வகுத்துக்கொண்ட ஒழுங்கே சட்டத்தின் முதல் வடிவம். அது வழக்கமாகத் தோன்றி, தெய்வத்தின் முன் செய்யும் சத்தியமாக வளர்ந்து, ஓலையில் ஏறி, கல்லில் நிலைபெற்ற வரலாற்றைப் பொருநைக் கரையிலேயே பெரும்பாலும் காணலாம்.

நீர்முறையே முதல் முறை

திருச்செந்தூர் செல்லும் வழியிலுள்ள ஆதிச்சநல்லூரும், அதற்கு அண்மையிலுள்ள சிவகளையும் தொன்மையான மக்கள் வாழ்விடங்கள். சிவகளையில் முதுமக்கள் தாழி ஒன்றில் கிடைத்த நெல் உமியை ஆய்ந்ததில் அதன் காலம் கி.மு. 1155 எனத் தெரிய வந்ததாகத் தமிழக அரசு 2021-ஆம் ஆண்டில் அறிவித்தது. மூவாயிரம் ஆண்டுகளுக்கு முன்பே இப்பள்ளத்தாக்கில் நெல் விளைந்திருக்கிறது. நெல்லுக்கு நீர் வேண்டும். நீரைத் தேக்கவும் கொண்டுவரவும் பலருடைய உழைப்பு வேண்டும். பலர் உழைத்துக் கொணர்ந்த நீரைப் பலரும் பகிர்ந்தே ஆக வேண்டும். பகிர்வதற்கு ஓர் ஒழுங்கு இல்லையெனில் வலியவன் வயல் விளையும். எளியவன் வயல் காயும்.

தமிழ்மொழி இவ்வுண்மையைத் தன் சொற்களிலேயே காத்து வைத்துள்ளது. உழவர் தம் வயலுக்கு நீர் பாயும் வேளையை 'முறை' என்பர். மன்னன் நீதி வழங்குவதை 'முறை செய்தல்' என்றனர் முன்னோர். இரண்டுக்கும் சொல் ஒன்றே. அவ்வாறே, மக்களிடையே நெடுநாள் வழங்கிவரும் நடைமுறைக்கு 'வழக்கு' என்று பெயர். நீதிமன்றத்தில் தொடுக்கப்படும் விவகாரத்துக்கும் 'வழக்கு' என்றே பெயர். வழக்கம் மீறப்பட்ட இடத்தில்தான் வழக்கு எழுகிறது. திருக்குறளுக்கு உரை கண்ட பரிமேலழகர், அறத்தை ஒழுக்கம், வழக்கு, தண்டம் என மூன்றாக வகுத்துக் கூறுகிறார். முதலில் நடக்க வேண்டிய நெறி. அது பிறழும்போது ஆராய்ச்சி. குற்றம் உறுதியானால் ஒறுத்தல். சட்டம் வளர்ந்த வரிசையும் இதுவே.

தெய்வம் சாட்சியான காலம்

வழக்கத்தை மீறியவர் 'நான் மீறவில்லை' என்று மறுத்தால் என்ன செய்வது? கண்டவர் எவரும் இல்லாத இடத்தில் பழங்கால மக்கள் தெய்வத்தையே சாட்சியாக அழைத்தனர். கோயிலில் நின்று பொய்ச்சத்தியம் செய்பவன் தப்ப மாட்டான் என்னும் அச்சமே அன்றைய சட்டத்தின் காவல்.

கல்லிடைக்குறிச்சி, வீரவநல்லூர், சேரன்மகாதேவி வழியாகப் பத்தமடைப் பக்கம் நீர் கொண்டுவரும் கன்னடியன் கால்வாயின் வரலாறாக மக்கள் கூறும் கதை இதற்கு நல்ல சான்று. கன்னட தேசத்து இளைஞர் ஒருவர், சேர மன்னனிடம் தானமாகப் பெற்ற செல்வத்தை அம்பாசமுத்திரத்தில் அர்ச்சகர் ஒருவரிடம் ஒப்படைத்துவிட்டு, அதனை எந்த அறத்தில் செலவிடுவது என்று கேட்க அகத்திய முனிவரைத் தேடிச் சென்றாராம். திரும்பி வந்து கேட்டபோது அர்ச்சகர் அச்செல்வத்துக்கு ஈடாகத் துவரம் பருப்பை எடுத்து நீட்டினார். வழக்கு மன்னனிடம் சென்றது. ஆவணமும் இல்லை, கண்ட சாட்சியும் இல்லை. கோயிலில் சத்தியம் செய்யுமாறு தீர்ப்பாயிற்று. அர்ச்சகரோ இறைவனின் ஆற்றலை அருகிலிருந்த புளியமரத்தில் ஏற்றிவிட்டு, சந்நிதியில் அச்சமின்றிப் பொய்ச்சத்தியம் செய்யத் துணிந்தார். இறைவன் இளைஞரின் கனவில் தோன்றி உண்மையை உணர்த்த, புளியமரத்தைத் தழுவிச் சத்தியம் செய்யுமாறு அவர் கேட்டார். மரத்தைத் தழுவிய அர்ச்சகர் எரிந்து சாம்பலானார். அம்பாசமுத்திரத்தில் எழுந்தருளியுள்ள காசிபநாதப் பெருமான் 'எரித்தாட்கொண்டார்' என்று போற்றப்படுவது இதனால் என்பர். மீண்ட செல்வத்தில் அணையும் கால்வாயும் எழுந்தன என்று கதை முடிகிறது.

இக்கதை தெய்வத்தின் ஆற்றலைச் சொல்வதோடு மற்றோர் உண்மையையும் உணர்த்துகிறது. சத்தியம் ஒன்றையே நம்பியிருந்த சமுதாயத்தில், அச்சமில்லாத வஞ்சகன் அதனையும் ஏமாற்ற வழி தேடினான். எனவே சத்தியத்தோடு வேறு சான்றுகளும் தேவைப்பட்டன.

ஓலையைக் கேட்ட அவை

சான்றுகளை ஆராயும் அவை எவ்வாறு இயங்கியது என்பதைச் சேக்கிழார் பெருமான் பெரியபுராணத்தில் காட்டுகிறார். சுந்தரமூர்த்தி சுவாமிகளின் திருமணப் பந்தலில் முதியவர் ஒருவர் தோன்றி, 'இவன் எனக்கு அடிமை' என்று வழக்குரைத்ததும், அவ்வழக்கு திருவெண்ணெய்நல்லூர் அவைக்குச் சென்றதும் பக்தர்கள் நன்கறிந்தவை. அங்கே அவையோர் முதியவரின் சொல்லை அப்படியே ஏற்கவில்லை. அனுபோகத்தில் வந்த ஆட்சி, எழுதப்பட்ட ஆவணம், அயலாரின் சாட்சி ஆகிய மூன்றில் ஒன்றால் நிறுவ வேண்டும் என்றனர். பந்தலில் கிழிபட்டது படியோலை. மூல ஓலை முதியவரிடம் இருந்தது. சுந்தரரின் பாட்டனார் எழுதிய வேறோர் ஓலையை வருவித்து, இரண்டின் கையெழுத்தையும் ஒப்பு நோக்கிய பின்னரே அவை தீர்ப்புரைத்தது. வழக்காட வந்தவர் சிவபெருமானே. ஆயினும் ஆண்டவனிடமும் அந்த அவை ஆவணம் கேட்டது, ஆண்டவனும் காட்டினார்.

அரசனும் முறைக்கு உட்பட்டவனே என்பதைத் திருவாரூரில் கன்றை இழந்த பசுவுக்காகத் தன் மகனையே தண்டித்த மனுநீதிச் சோழனின் வரலாறும், தவறிழைத்த தன் கையைத் தானே வெட்டிக்கொண்ட பொற்கைப் பாண்டியனின் கதையும் கூறுகின்றன.

கல்லில் ஏறிய சட்டம்

ஓலை அழியும், கிழிபடும், ஒருவர் வீட்டுப் பேழைக்குள் மறைந்தும் போகும். அனைவரும் காணும் இடத்தில், அழியாத பொருளில் எழுதி வைத்தாலன்றி விதி நிலைக்காது. உலகின் பல பகுதிகளிலும் முன்னோர் இதனை உணர்ந்தனர். பாபிலோனிய மன்னன் அம்முராபி, கி.மு. 18-ஆம் நூற்றாண்டில் ஏறத்தாழ 280 விதிகளைக் கருங்கல்லில் பொறித்தான். 1901-ஆம் ஆண்டு தொடங்கிக் கண்டெடுக்கப்பட்ட அக்கல் இன்று பாரிஸ் நகர அருங்காட்சியகத்தில் உள்ளது. அதன் உச்சியில் மன்னன் கதிரவத் தெய்வத்தின் முன் நிற்கிறான். உரோமாபுரியில் கி.மு. 450-ஐ ஒட்டிப் பன்னிரு பலகைகளில் சட்டம் வெளியிடப்பட்டது. சட்டம் சிலருடைய நினைவில் மட்டும் இருக்கலாகாது என்று எளிய மக்கள் போராடியதன் பயன் அது.

நெல்லைச் சீமையிலும் அத்தகைய கல் ஒன்று உண்டு. திருநெல்வேலியிலிருந்து சங்கரன்கோவில் செல்லும் சாலையில் உள்ள மானூர், பக்தர்களுக்குப் புதிய ஊரன்று. தம் அழைப்புக்கு விடை கிடைக்கவில்லை எனச் சினந்து சென்ற கருவூர்ச் சித்தருக்கு, நெல்லையப்பர் தாமே மானூருக்கு எழுந்தருளிக் காட்சி தந்த திருவிழா ஆவணி மூலத்தில் நடைபெறுகிறது. அம்மானூர் அம்பலவாண சுவாமி திருக்கோயிலில், பாண்டியன் மாறஞ்சடையனின் 35-ஆம் ஆட்சியாண்டைச் சேர்ந்த வட்டெழுத்துக் கல்வெட்டு உள்ளது. காலம் கி.பி. 800-ஐ ஒட்டியது.

அது மன்னன் இட்ட ஆணையன்று. ஊர்ச்சபையார் பறையறைந்து கூடி, தமக்குத் தாமே விதித்துக்கொண்ட கட்டுப்பாடு. ஊரில் பங்குடையோரின் மக்களுள் சபையில் பேச உரிமையுடையவர் ஒரு பங்குக்கு ஒருவரே. அவர் நல்லொழுக்கம் உடையவராகவும், வேதப் பகுதியும் அறநூல் ஒன்றும் கற்றவராகவும் இருத்தல் வேண்டும். விலைக்கு வாங்கியோ, தானமாகவோ, சீதனமாகவோ பங்கு பெற்றவருக்கும் இத்தகுதிகள் வேண்டும். இனிமேல் கால், அரை, முக்கால் பங்குகளுக்குச் சபை உரிமை இல்லை. முழுப்பங்கு இல்லாதவர் வாரியங்களில் இடம்பெறவும் இயலாது. இவை அதன் விதிகள்.

இவற்றுள் மிகவும் வியப்பூட்டுவது இறுதி விதி. சபையில் கொண்டுவரப்படும் ஒவ்வொன்றுக்கும் 'அன்று, அன்று' என்று மறுத்துக் காரியத்தைத் தடுத்து நிற்போரும், அவருக்குத் துணை நிற்போரும் ஒவ்வொன்றுக்கும் ஐந்து காசு தண்டம் செலுத்த வேண்டும். செலுத்திய பின்பும் இவ்விதிக்கு அடங்கியே நடக்க வேண்டும். ஆயிரத்து இருநூறு ஆண்டுகளுக்கு முன்பே, பொதுக்காரியம் சிலருடைய பிடிவாதத்தால் நின்றுவிடக் கூடாது என்று எண்ணியிருக்கின்றனர். புகழ்பெற்ற உத்திரமேரூர்க் கல்வெட்டுகள் பராந்தக சோழன் காலத்தில் 919, 921-ஆம் ஆண்டுகளில் வெட்டப்பட்டவை. முப்பது குடும்புகளிலிருந்து குடவோலை வழியாக வாரியத்தாரைத் தேர்ந்த முறையையும், கணக்குக் காட்டாதவரும் அவருடைய நெருங்கிய உறவினரும் தேர்தலுக்குத் தகுதியற்றவர் என்னும் விதியையும் அவை விரித்துரைக்கின்றன. மானூர்க் கல்வெட்டு அவற்றுக்கும் ஒரு நூற்றாண்டுக்கு மேல் முற்பட்டது.

விதியின் எல்லையும் வளர்ச்சியும்

மானூர்ச் சபையைப் போற்றும்போது அதன் எல்லையையும் மறத்தலாகாது. அது பிரமதேய ஊர். நிலப்பங்கும் வேதக் கல்வியும் உடைய ஆடவர்க்கே அங்கு இடம். வயலை உழுதவர்க்கும், மடையில் நின்று நீர் பாய்ச்சியவர்க்கும், பெண்களுக்கும் அச்சபையில் பேச்சுரிமை இல்லை. விதியை வகுத்தவர் சிலர். அதற்கு அடங்கியோர் பலர். அந்த இடைவெளி குறைய ஆயிரம் ஆண்டுகளுக்கு மேல் ஆயிற்று. 1950-ஆம் ஆண்டில் நடைமுறைக்கு வந்த இந்திய அரசியலமைப்பு, வயது வந்த அனைவருக்கும் வாக்குரிமை அளித்தது. 1992-ஆம் ஆண்டின் 73-ஆவது திருத்தம், ஊராட்சிகளில் மூன்றில் ஒரு பங்குக்குக் குறையாத இடங்களைப் பெண்களுக்கு ஒதுக்கியது. மானூரில் அன்று வாய் திறக்க இயலாதவர்களின் வழித்தோன்றல்கள் இன்று ஊராட்சித் தலைவராகவும் அமரலாம்.

எனினும் சில விதிகள் மாறாமல் நிற்கின்றன. அம்பாசமுத்திரத்துக் கோயில் கல்வெட்டு ஒன்று, ஒன்பதாம் நூற்றாண்டில் வரகுண பாண்டியன் வழிபாட்டுக்காக அளித்த 290 காசுகளைப் பற்றிக் கூறுகிறது. அக்காசுகள் இளங்கோக்குடிச் சபையாரிடம் ஒப்படைக்கப்பட்டன. முதல் அழியாமல் இருக்க வேண்டும். காசு ஒன்றுக்கு ஆண்டுக்கு இரண்டு கலம் வீதம் 580 கலம் நெல் வட்டியாக அளந்து, அதனால் வழிபாடு நடைபெற வேண்டும். கொடுத்தவன் மறைந்த பின்னும் கொடை நிலைக்க வேண்டும். காப்பவர் அதனைத் தமதாக்கிக்கொள்ளக் கூடாது. இன்று திருக்கோயில்களில் கட்டளைகள் முதலீட்டின் வட்டியால் நடைபெறுவதும் இதே நெறியில்தான். 1959-ஆம் ஆண்டின் இந்து சமய அறநிலையக் கொடைகள் சட்டம் திருக்கோயில் சொத்துகளுக்கு வகுத்துள்ள பாதுகாப்பின் வேரும் இதுவே.

சுவர்கள் பேசட்டும்

முன்னோர் தம் விதிகளைத் திருக்கோயில் கல்லில் வெட்டியதற்குக் காரணம் உண்டு. கோயில் ஊரார் கூடும் இடம். மறைப்பதற்கு இயலாத இடம். தெய்வத்தின் பார்வையில் உள்ள இடம். அங்கே சத்தியமும் ஆவணமும் ஒன்றாயின. அக்கல்வெட்டுகள் மீது சுண்ணாம்பு பூசப்படும்போதும், எண்ணெயும் திருநீறும் குங்குமமும் தடவப்படும்போதும், பெயர்கள் கீறப்படும்போதும் ஓர் ஊரின் ஆவணமே அழிகிறது. எந்த நிலம் யார் கொடுத்தது, எந்த விளக்குக்கு எவ்வளவு நெய், எந்தக் குளத்து நீர் யாருக்கு என்னும் செய்திகள் பலவற்றுக்கு வேறு சான்று கிடையாது. வலம் வரும் அன்பர்கள் சுவரெழுத்துகளைக் கைபடாமல் காப்பதும், பிள்ளைகளுக்கு அவற்றைக் காட்டி விளக்குவதும் திருப்பணியே ஆகும்.

கன்னடியன் கால்வாயில் நீர் வரும் நாள்களில் பத்தமடை வயல்களில் மடைகள் இன்றும் திறக்கப்படுகின்றன. தன் வயல் நிறைந்ததும் மடையை அடைத்து, அடுத்தவர் வயலுக்கு நீரை விடுகிறார் உழவர். அங்கே காவலரும் இல்லை, நீதிபதியும் இல்லை. எழுதப்பட்ட சட்டங்களுக்கெல்லாம் மூத்த சட்டம் அந்தக் கையில்தான் இருக்கிறது.