குளக்கட்டில் எழுந்த வினா

செட்டிகுளப் பகுதியில் ஊர்ப்பெயர்களைச் சொல்லிக்கொண்டு போனாலே குளங்களை எண்ணியதாகிவிடும். பாவற்குளம், நேரியகுளம், முதலியார்குளம் என ஒன்றன்பின் ஒன்றாக வரும். பிரதேசத்தின் முழுப் பெயரே வெங்கலச்செட்டிகுளம் என்பதுதான். இந்நாட்டில் ஊர் முந்தியதன்று, குளமே முந்தியது. குளம் கட்டியபின் அதன் கீழ் வயல் வந்தது. வயலைச் சார்ந்து குடி வந்தது. குடி சேர்ந்தபின் கோயில் வந்தது.

மார்கழி மாதத்து நாளொன்றில், உயர்வகுப்பு மாணவர் சிலரை ஊர்க்குளமொன்றின் கட்டுக்கு அழைத்துச் சென்றேன். அன்று வகுப்பிலே புறநானூறு நடந்தது. பாரி மறைந்தபின் பறம்பு நாட்டைப் பார்த்துக் கபிலர் இரங்கிய பாட்டு. வளைந்த கரையையுடைய சிறுகுளத்துக்கு எட்டாம் நாட் பிறையை உவமை கூறி, காப்பாரில்லாமையால் அக்குளம் உடைந்துபோவதைச் சொல்லிப் புலவர் வருந்துகிறார். பிறையும் கரையும் எவ்வாறு ஒக்கும் என்று கரும்பலகையில் கோடு கீறிக் காட்டுவதிலும், கட்டிலே நிறுத்திக் காட்டுவது மேலென்று எண்ணினேன். குளம் வான் பாய்ந்துகொண்டிருந்தது. பிள்ளைகள் வளைவைக் கண்டனர், உவமையை உணர்ந்தனர். நானும் மகிழ்ந்தேன்.

அப்பொழுது ஒரு மாணவன் கேட்டான்: "ஐயா, இக்குளத்தைக் கட்டியவர் யார்? நம்மவரா, பிறரா?"

எனக்கு விடை தெரியவில்லை. நூல்களைப் பார்த்துச் சொல்வேன் என்று கூறி அன்றைக்குத் தப்பிக்கொண்டேன். சொன்ன சொல்லைக் காப்பதற்காக நூல்களைத் தேடியபோது அறிந்தவற்றையே இங்கு எழுதுகின்றேன்.

முதலில் எடுத்தது ஜே. பி. லூயிஸ் என்பவர் 1895 ஆம் ஆண்டு வெளியிட்ட 'வன்னி மாவட்டங்களின் கைந்நூல்'. இரண்டாவது, என்றி பார்க்கர் 1909 ஆம் ஆண்டு வெளியிட்ட 'பண்டைய இலங்கை'. மூன்றாவது, ஆர். எல். புரோகியர் 1934, 1935 ஆம் ஆண்டுகளில் மூன்று பகுதிகளாக வெளியிட்ட 'இலங்கையின் பண்டை நீர்ப்பாசன வேலைகள்'. முதலிருவரும் ஆங்கிலேயர், மூன்றாமவர் இலங்கைப் பறங்கியர் சமூகத்தவர். லூயிஸ் ஆட்சி அலுவலர். பார்க்கர் நீர்ப்பாசனப் பொறியாளர். புரோகியர் நில அளவையாளர். மூன்று நூல்களும் ஆங்கிலத்தில் உள்ளவை. குளக்கட்டில் வினாவிய மாணவனிடம் 'இதனைப் படி' என்று கொடுக்கத்தக்க தமிழ் நூல் ஒன்றுகூட என் அலுமாரியில் இல்லை என்பதை அன்றுதான் உணர்ந்தேன்.

இந்நூல்களுள் என் நெஞ்சை மிகவும் கவர்ந்தது பார்க்கரின் நூல். வவுனிக்குளம் முதலிய பழங்குளங்களை அவர் பொறியாளரின் கண்கொண்டு பார்த்தார். பெரிய குளமொன்றில் நீர் ஆழமாக நிற்கும்போது, அடியிலுள்ள வாயை நேரே திறந்துவிட்டால் நிகழ்வது யாது? மேலே நிற்கும் நீரின் பாரமெல்லாம் அந்தச் சிறுவாயில் வந்து பொருதும். பாய்ந்து வரும் நீர் வாயையும் அரிக்கும். நாளடைவில் கட்டையும் அரிக்கும். இதனைத் தடுக்கப் பண்டையோர் கட்டின் உட்புறத்தே சதுரக் கிணறு ஒன்றை அமைத்தனர். குளத்து நீர் ஒரு கால்வழியாக அக்கிணற்றில் வந்து சேரும். அங்கே அதன் வேகம் அடங்கும். வேண்டும் அளவு நீர் மற்றொரு கால்வழியாக வயற்புறம் போகும். சிங்களத்தில் இதனைப் பிசோகொட்டுவ என்பர். இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு முன்பே சிங்களப் பொறியாளர் இதனைக் கண்டறிந்தனர் என்பது பார்க்கரின் முடிபு.

இதனை வாசித்ததும் மாணவனுடைய வினாவின் பின்பகுதி என் காதில் மீண்டும் ஒலித்தது. 'நம்மவரா, பிறரா?' பார்க்கரின் முடிபை மறைத்துச் சொல்வது ஆசிரியனுக்கு அழகன்று. அதனை ஒரு தோல்வியாகக் கொண்டு முகம் வாடுவதும் அறிவுடைமையன்று. தமிழகத்துப் பழைய ஏரிகளில் குமிழித்தூம்பு என்னும் அமைப்பு உண்டு. கரையிலிருந்து உள்ளே தள்ளி, நீர்ப்பரப்பின் நடுவே இரண்டு கற்றூண்கள் நிற்கும். அவற்றின் இடையே, அடியிலுள்ள கற்றொட்டியின் துளையை அடைத்தும் திறந்தும் நீரை அளந்து விடுவர். பிசோகொட்டுவ வேறு, குமிழித்தூம்பு வேறு. ஆயின் இரண்டையும் அமைத்தவர்களை வருத்திய சிக்கல் ஒன்றே: பாரமுள்ள நீரை எவ்வாறு பணிய வைப்பது?

சொல்லாராய்ச்சி வழியாகப் பார்ப்பினும் இதுவே தோன்றும். வடமொழியிலும் பாளியிலும் வாபி, தமிழில் வாவி, சிங்களத்தில் வெவ. ஒரே சொல் மூன்று முற்றங்களில் நின்று நீர் முகக்கின்றது. அரசர் கட்டிய பெருங்குளங்களின் வரலாறு மகாவம்சம் முதலியவற்றில் உண்டு. சிற்றூர்க் குளத்தைக் கட்டியவன் பெயரை எந்த ஏடும் எழுதிவைக்கவில்லை. மண்வெட்டியும் கூடையும் எடுத்தவன் எந்த மொழியில் மூச்சு வாங்கினான் என்பதை மண் சொல்லாது. ஆயின் எவ்வாறு கட்டினான் என்பதை அதே மண் இன்றும் சொல்லிக்கொண்டிருக்கிறது. நாமோ சொல்லாத வினாவையே கேட்டுக் கேட்டுச் சண்டையிடுகின்றோம். சொல்லும் விடைக்குச் செவி கொடுப்பதில்லை. பழங்கட்டடங்களைப் பற்றிய நூல்களைக் காணி உறுதிபோல் பயன்படுத்தும் வழக்கம் இந்நாட்டில் இரு பக்கத்திலும் உண்டு. அவற்றைத் தொழில்நூலாகப் படிப்போர் அரியர்.

சில நாட்களின் பின் அதே மாணவரோடு மீண்டும் கட்டுக்குச் சென்றேன். இம்முறை முதிய கமக்காரர் ஒருவரை உடனழைத்துச் சென்றேன். எழுத்தறிவு குறைந்தவர் அவர். அன்று மாணவர்க்கு மட்டுமன்றி எனக்கும் அவரே ஆசிரியரானார். கட்டின் வெளிச்சரிவைக் காட்டி, "மற்ற இடத்திலும் பார்க்கப் புல் கரும்பச்சையாய் நிற்கும் இடத்தைப் பாருங்கள், மாஸ்டர். அங்கே கசிவு இருக்கும்" என்றார். கசிகிற நீர் தெளிவாயிருந்தால் பொறுத்துக்கொள்ளலாம் என்றும், கலங்கலாயிருந்தால் உள்ளே மண் கரைகிறது, அன்றிரவே ஊரைக் கூட்டவேண்டும் என்றும் சொன்னார். கறையான் புற்றையும் நண்டு வளையையும் மழைக்கு முன்பே தேடி அடைப்பது ஏன், மேற்குளம் உடைந்தால் கீழ்க்குளங்கள் ஏன் தாங்கா என்பவற்றையும் விளக்கினார். துருசு, வான், அலைகரை என்று அவர் சொல்லச் சொல்லப் பிள்ளைகள் எழுதினர். தமிழகத்தார் மதகு என்பதை இங்கே துருசு என்கிறோம். அவர்கள் கலிங்கு என்பதை இங்கே வான் என்கிறோம். இவ்வேறுபாட்டை வகுப்பிலே நான் ஒருநாளும் கற்பித்ததில்லை.

அந்நேரத்தில் எனக்கு ராம் ராசின் நினைவு வந்தது. தஞ்சையிற் பிறந்த இவர், மானசாரம் முதலிய வடமொழிச் சிற்பநூல்களை ஆராய்ந்து இந்துக் கட்டடக்கலை பற்றி ஆங்கிலத்தில் ஒரு நூல் எழுதினார். அவர் மறைந்தபின், 1834 ஆம் ஆண்டு இலண்டன் ராயல் ஆசியக் கழகம் அதனை 48 படங்களோடு வெளியிட்டது. அந்நூலை எழுதுங்கால் அவருக்கு நேர்ந்த இடர் பெரிது. பண்டிதர்களுக்கு வடமொழி தெரியும். தொழிற்சொற்களின் பொருள் தெரியாது. சிற்பிகளுக்குத் தொழில் தெரியும். நூலின் மொழி தெரியாது. ஈற்றில் தஞ்சைச் சிற்பி ஒருவரின் துணைகொண்டே அவர் அச்சொற்களுக்குப் பொருள் கண்டார். உரோமாபுரியில் கிறித்துவுக்கு முற்பட்ட முதலாம் நூற்றாண்டில், கட்டடக்கலை பற்றிப் பத்துப் புத்தகங்கள் எழுதிய விற்றுரூவியசும் இதனையே வற்புறுத்தினார்: கைப்பழக்கம் மாத்திரம் உடையவனும் குறைவுடையான், ஏட்டறிவு மாத்திரம் உடையவனும் குறைவுடையான். அவருடைய எட்டாவது புத்தகம் முழுவதும் நீரைப் பற்றியது.

கையும் ஏடும் ஒருவரிடத்தே கூடுதல் அரிது. கூடியபோது நூல் பிறக்கும். மாமல்லபுரம் சிற்பக் கல்லூரியின் முதல்வராயிருந்த வை. கணபதி ஸ்தபதி 1978 இல் 'சிற்பச் செந்நூல்' எழுதியது அத்தகைய பேறு. உளி பிடித்த கையே எழுதுகோலும் பிடித்தமையால் தமிழுக்கு அந்நூல் கிடைத்தது. சிற்பத்துக்குக் கிடைத்த அப்பேறு நம் குளத்துக்கு இன்னும் வரவில்லை.

இதனை ஏன் இத்துணை அழுத்திச் சொல்கின்றேன் என்றால், காலம் குறைவாக இருக்கிறது. 1981 இல் யாழ்ப்பாணப் பொதுநூலகம் எரியுண்டபோது ஏறத்தாழ 97,000 நூல்கள் சாம்பலாயின. அவ்விழப்பை நாம் அறிவோம். ஆண்டுதோறும் நினைந்து வருந்துகின்றோம். 2009 ஆம் ஆண்டிலே வன்னியின் ஊர்கள் வெறுமையாயின. இடம்பெயர்ந்தோர் இரண்டு இலட்சத்துக்கும் மேற்பட்டோர் இச்செட்டிகுளத்து மெனிக் பாம் முகாமில் அடைபட்டிருந்தனர். 2012 செப்டெம்பரில் அம்முகாம் மூடப்பட்டது. அவர்களுள் தத்தம் ஊர்க்குளத்தின் கசிவறிந்த முதியோர் எத்தனை பேர் இருந்திருப்பர்! ஊருக்கு மீளாது மறைந்தவரோடு மறைந்த நூல்களுக்குப் பட்டியல் இல்லை. குளங்களைத் திருத்தலாம், கட்டை உயர்த்தலாம், துருசுக்குச் சீமெந்து பூசலாம். கலங்கல் நீருக்கும் தெளிந்த நீருக்கும் உள்ள வேறுபாட்டை அறிந்த கண் இல்லையாயின், கபிலர் கண்ட உடைப்பையே நாமும் காண்போம். பாரி இல்லாமையால் அக்குளம் உடைந்தது. பார்ப்பார் இல்லாமையால் நம் குளம் உடையலாகாது.

ஆசிரிய நண்பர்களுக்கு என் வேண்டுகோள் ஒன்று. ஒவ்வொரு பள்ளிக்கூடமும் தன் அயற்குளத்துக்கு ஓர் ஏடு வைக்கட்டும். கட்டின் நீளத்தையும் உயரத்தையும் மாணவரே அளக்கட்டும். உறுப்புகளின் பெயரை முதியோர் வாய்ச்சொல்லாகவே எழுதட்டும். எந்த ஆண்டு வான் பாய்ந்தது, எந்த ஆண்டு வற்றியது, எங்கே உடைந்தது, யார் கூடி அடைத்தனர் என்பவற்றைச் சேர்க்கட்டும். அடுத்த ஊரில் சிங்களப் பள்ளிக்கூடம் இருப்பின், அங்குள்ளோர் வழங்கும் சொற்களையும் கேட்டு அருகே எழுதட்டும். காரியாசான் சிறுபஞ்சமூலத்தில் குளந்தொடுதல், மரக்கிளை நடுதல், வழி திருத்துதல், தரிசை வயலாக்குதல், கிணறு தோண்டுதல் என்னும் ஐந்தையும் செய்தவன் சுவர்க்கத்துக்கு இனிதே செல்வான் என்றார். ஆறாவதாகக் குளத்தை எழுதிவைத்தலையும் சேர்த்தால் அவர் சினந்துகொள்ளார் என்று நம்புகின்றேன்.

அம்மாணவனுக்கு இறுதியில் நான் சொன்ன விடை இது: "கட்டியவர் யாரென்று எந்த நூலிலும் இல்லை, தம்பி. கட்டியது எப்படி என்பதை நீ எழுது." அவன் எழுதத் தொடங்கியிருக்கிறான். இதுவரை பதினொரு பக்கம். அதில் எழுத்துப்பிழைகள் உண்டு. அவற்றைத் திருத்துவது என் தொழில். குளத்தைப் பற்றிய பிழை எதனையும் நான் காணவில்லை. கமக்காரரிடம் காட்டியே அவன் ஒவ்வொரு பக்கத்தையும் முடிக்கின்றான்.