கௌரியைத் தேடினேன், கெளரி கிடைத்தாள்

பினாங்கு ஜார்ஜ்டவுனில், லெபோ பசாரில் உள்ள ஒரு கல்யாணப் பத்திரிகை அச்சகத்தில் ஆர்டர் எடுப்பது என் வேலை. இருபத்தாறு வருடமாகிறது. முன்பெல்லாம் வாசகத்தைத் தாளில் எழுதிக்கொண்டு வருவார்கள். இப்போது பாதிப் பேர் மின்னஞ்சலில்தான் அனுப்புகிறார்கள்.

இந்தத் தைப்பூசத்துக்கு முந்திய வாரம் ஓர் அம்மா வந்தார். ஒன்பது வருடத்துக்கு முன் அவருடைய மூத்த மகள் கௌரிக்கு நாங்கள்தான் பத்திரிகை அடித்தோம். இளையவளுக்கும் அதே வாசகம் வேண்டும் என்றார். "அத எழுதினது எங்க வீட்டுக்காரருதான்கா. மெயில்ல அனுப்பினாரு. இப்ப அவரு இல்ல. அந்த எழுத்தாவது இருக்கட்டும்னு பார்க்குறேன்."

"இருக்கும்மா, எடுத்துடலாம்" என்று சொல்லிவிட்டு, தேடல் பெட்டியில் 'கௌரி' என்று தட்டினேன். ஒன்றும் வரவில்லை. மறுபடி தட்டினேன். வரவில்லை. அந்த அம்மாவின் முகம் மாறிவிட்டது. அழிந்துபோயிருக்கும் என்றே நினைத்துவிட்டார்.

அழியவில்லை. பெயரை விட்டுவிட்டுக் காலத்தைப் பிடித்துத் தேடினேன். ஜிமெயிலின் தேடல் பெட்டிக்கு வலது ஓரத்தில் சின்னச் சின்னக் கோடுகளாக ஒரு குறி இருக்கும். அதைத் தொட்டால் ஒரு படிவம் விரியும். அனுப்பியவர், தலைப்பு, இணைப்பு உள்ளதா, எந்தத் தேதியை ஒட்டி என்று தனித்தனிக் கட்டங்கள். பெரும்பாலானவர்கள் அந்தக் குறியைத் தொட்டதே இல்லை. கல்யாணத் தேதியைப் போட்டு, அதற்கு முன்னும் பின்னும் ஆறு மாதம் என்று தேர்ந்தெடுத்து, இணைப்புள்ள கடிதம் என்பதையும் குறித்தேன். பதினெட்டுக் கடிதங்கள் வந்தன. ஏழாவது அது. திறந்து பார்த்தால் முதல் வரியிலேயே மணமகளின் பெயர், கண்ணுக்கு எந்தப் பிழையும் தெரியாமல்.

பெயரின் மேல் அம்புக்குறியை வைத்து ஒவ்வோர் எழுத்தாக நகர்த்தியபோது புரிந்தது. யூனிகோடில் ஒவ்வோர் எழுத்துக்கும் குறிக்கும் ஓர் எண் உண்டு. 1991-இல் வந்த அதன் முதல் பதிப்பிலேயே தமிழுக்கு 128 இடங்கள் ஒதுக்கினார்கள். அதில் ஔகாரக் குறி ஒரே குறி, அதற்கு ஒரே எண். அந்த அம்மாவின் கணவர் ஒற்றைக் கொம்பைப் போட்டுவிட்டு, பக்கத்தில் 'ள' எழுத்தைத் தட்டியிருக்கிறார். திரையில் இரண்டும் இரட்டைப் பிள்ளைகள் மாதிரி இருக்கும். கணினிக்கோ ஒன்று கௌரி, மற்றது கெ, ள, ரி. எங்கள் தொழிலில் இது தினப்படிச் சங்கடம். மணமகள் பெயருக்கு முன்னால் வரும் சௌபாக்கியவதியையே பாதிப் பேர் ளகரம் போட்டுத்தான் தட்டுகிறார்கள். மௌனம், பௌர்ணமி, சௌந்தரம் எல்லாமே அப்படித்தான். அதனால் ஔகாரம் வரும் எந்தச் சொல்லையும் நான் இப்போது இரண்டு விதமாகவும் தட்டித் தேடுகிறேன்.

அப்பா இருந்திருந்தால் இதை ஒரு நிமிடத்தில் சொல்லியிருப்பார். அவர் இதே அச்சகத்தில் அச்சுக்கோப்பவராக இருந்தவர். ஈய எழுத்து காலத்தில் ஔகாரக் குறிக்கென்று எங்கள் கேஸில், அதாவது எழுத்துகளை அறை அறையாகப் போட்டு வைக்கும் தட்டில், தனி எழுத்து கிடையாது. கொம்பை எடுப்பார், ககரத்தை எடுப்பார், ளகரத்தை எடுத்துப் பக்கத்தில் நிறுத்துவார். 'கொ' வேண்டுமென்றால் கொம்பு, க, கால். கண்ணுக்கு எந்த வரிசையில் தெரிகிறதோ, கை அந்த வரிசையில்தான் போகும். வேலை முடிந்ததும் எழுத்துகளைப் பிரித்து மறுபடி அதனதன் அறையில் போட வேண்டும். தகரத்தின் அறையில் ஒரு நகரம் விழுந்துவிட்டால் அடுத்த நாள் அது எங்கேயாவது பிழையாக நிற்கும். மின்னஞ்சல் நிரலின் தேடலை நான் அந்த கேஸை வைத்துத்தான் புரிந்துகொண்டேன். நாம் ஒரு சொல்லைத் தட்டியதும் அது நம் கடிதங்களைப் படிக்கப் போவதில்லை. முன்கூட்டியே சொற்களைப் பிரித்து அறைகளில் போட்டு வைத்த ஓர் அட்டவணையைத்தான் பார்க்கிறது. அறையில் விழாத சொல் அதன் கையில் அகப்படாது.

ஜிமெயில் முழுச் சொல்லாகத்தான் பார்க்கும் என்பதும் தமிழுக்குப் பெரிய தடை. 'பினாங்கு' என்று தேடினால் 'பினாங்கில்' என்று எழுதிய கடிதம் வராது. ஆங்கிலத்தில் ஊர்ப் பெயருக்கு வால் முளைப்பதில்லை. நம் மொழியில் இல், க்கு, இலிருந்து, இன் என்று முளைத்துக்கொண்டே இருக்கும். ஆகவே வால் முளைக்காத ஒன்றைத் தேட வேண்டும். தொலைபேசி எண், பில் எண், அனுப்பியவரின் மின்னஞ்சல் முகவரி. ஜிமெயில் வழக்கமான தேடலில் ஸ்பேமையும் குப்பைத்தொட்டியையும் பார்க்காது. அந்தப் படிவத்தில் எங்கே தேடுவது என்று கேட்கும் கட்டத்தில் அவற்றையும் சேர்க்கச் சொல்ல வேண்டும், அதுவும் சீக்கிரமாக. அங்கே 30 நாள் கிடந்த கடிதம் தானாகவே போய்விடும்.

மலேசியாவில் வாழ்கிறவர்களுக்கு இன்னொரு சுற்று இருக்கிறது. 'ரசீது' என்று தேடுவோம். கடிதத்தில் மலாயில் 'ரெசிட் ரஸ்மி' என்று இருக்கும். விலைப்புள்ளி 'செபுட் ஹர்கா' என்றும், கணக்கறிக்கை 'பென்யாத்தா' என்றும் வரும். ஆள் பெயர்கள் அதைவிடக் கடினம். பிறப்புச் சான்றிதழ் எழுதிய குமாஸ்தாவின் காதில் விழுந்தபடிதான் நம் பெயர்கள் அடையாள அட்டையில் ஏறியிருக்கின்றன. ஆங்கில எழுத்தில் கௌரியை ஓ-டபிள்யூ போட்டும் எழுதுகிறார்கள், ஏ-யூ போட்டும், ஓ-யூ போட்டும் எழுதுகிறார்கள். கடைசியில் ஐ வரும், சிலருக்கு ஒய்.

தெருக்களுக்கும் இதே கதை. பீச் ஸ்ட்ரீட்டும் லெபோ பந்தாயும் ஒரே தெரு. மார்க்கெட் ஸ்ட்ரீட்தான் எங்கள் லெபோ பசார். பிட் ஸ்ட்ரீட் இன்று ஜாலான் மஸ்ஜித் கப்பித்தான் கெலிங். வாட்டர்ஃபால் ரோடு ஜாலான் கெபுன் புங்கா ஆகிவிட்டது. நமக்கோ அந்தப் பக்கம் என்றைக்கும் தண்ணீர்மலைதான். தைப்பூச வெள்ளி ரதம் எப்போது வருகிறது என்று கேட்ட ஒரு கடிதத்தைத் தேட மூன்று பெயரையும் போட வேண்டியிருந்தது. பெயர்களுக்கு நடுவே ஆங்கிலப் பெரிய எழுத்தில் 'ஆர்' என்ற சொல்லைப் போட்டால், அதாவது ஓ, ஆர் என்ற இரண்டு எழுத்தையும், ஜிமெயில் மூன்றில் எது இருந்தாலும் எடுத்துத் தரும்.

கடைக் கணினியில் நாங்கள் தண்டர்பேர்ட் என்ற மின்னஞ்சல் நிரலை வைத்திருக்கிறோம். அதில் தேடும் வழி இரண்டு. மேலே இருக்கும் பெரிய பெட்டி அட்டவணையைப் பார்ப்பது. கடிதப் பட்டியலின் தலைமேல் வரும் குவிக் ஃபில்டர் என்ற சின்னப் பெட்டி, திறந்திருக்கும் அறையில், அதாவது மெயில் ஃபோல்டரில், உள்ள கடிதங்களை மட்டும் சலிப்பது. தமிழுக்கு எனக்குப் பிடித்தது சின்னதுதான். அது சொல்லின் துண்டைக்கூடப் பிடிக்கும். 'பினாங்' என்று தட்டினால் போதும், எந்த வால் முளைத்திருந்தாலும் வந்துவிடும். ஆனால் அது இயல்பாக அனுப்புநர், பெறுநர், தலைப்பு ஆகியவற்றில்தான் தேடும். கடிதத்தின் உடலிலும் தேட அதற்குரிய பொத்தானை நாம்தான் அழுத்த வேண்டும். பக்கத்தில் ஒரு குண்டூசிக் குறி உண்டு. அதை அழுத்தினால் அறை மாறினாலும் சல்லடை அப்படியே நிற்கும். ஒருநாள் முதலாளி பதறிப்போய், "என்னம்மா, ஒரு மெயிலும் இல்ல, எல்லாம் போச்சு" என்று கூப்பிட்டார். முந்தின நாள் தட்டிய ஒரு பெயர் அந்தக் குண்டூசியில் மாட்டிக்கொண்டு நின்றது. எடுத்துவிட்டேன், எல்லாம் வந்தது.

பெரிய பெட்டி ஏமாற்றினால் நான் பார்ப்பது இந்த வரிசையில். அமைப்புகளில் பொதுப் பகுதிக்குப் போய், அட்டவணை போடும் வசதிக்கு டிக் இருக்கிறதா என்று பார்ப்பேன். பிறகு, கிடைக்காத அறையின் மேல் வலது சொடுக்கு, பண்புகள். அந்த அறையைத் தேடலில் சேர்க்கவா என்று கேட்கும் கட்டம் அங்கே இருக்கும். அதற்கு அருகிலேயே அறையைச் சரிசெய்யும் பொத்தானும் உண்டு. கடிதங்கள் கணினியில் முழுதாக இறங்கியிருக்கின்றனவா என்பதும் முக்கியம். கணக்கு அமைப்பில் ஒத்திசைவு என்ற பக்கத்தில் அது தெரியும். தலைப்பு மட்டும் இறங்கியிருந்தால் உடலில் உள்ள சொல் அட்டவணைக்கு வந்தே இருக்காது. கைத்தொலைபேசிச் செயலிகளும் பழைய கடிதங்கள் அத்தனையையும் வைத்துக்கொள்வதில்லை. அங்கே கிடைக்கவில்லை என்றால் உலாவியில் போய்த் தேடுங்கள்.

இதற்கெல்லாம் மசியாவிட்டால் அட்டவணையையே புதிதாகப் போடச் சொல்லலாம். உதவி மெனுவில் சிக்கல் தீர்க்கும் தகவல் பக்கத்திலிருந்து சுயவிவரக் கோப்புறையைத் திறந்து வைத்துக்கொண்டு, தண்டர்பேர்டை மூட வேண்டும். 'குளோபல் மெசேஜஸ் டிபி' என்று தொடங்கும் ஒரு கோப்பு இருக்கும். அதை அழிக்க எனக்கு மனம் வராது. பெயரை மட்டும் மாற்றி வைப்பேன். மறுபடி திறந்ததும் நிரல் புது அட்டவணையைக் கட்டத் தொடங்கும். எங்கள் கடையில் ஒரு பகல் முழுக்க ஓடியது. அந்தக் கோப்பில் இருப்பது அட்டவணை மட்டும்தான், கடிதங்கள் வேறு இடத்தில் பத்திரமாக இருக்கின்றன. சுற்றியிருக்கும் மற்றக் கோப்புகளில் கை வைக்காதீர்கள்.

இவ்வளவும் செய்து பார்த்த பிறகும் ஓர் அறை மட்டும் எனக்கு வாய் திறக்கவில்லை. அப்பாவின் கடிதங்கள். அச்சகம் கணினிக்கு மாறியபோது அவரும் மாறினார். நம் நாட்டு முத்து நெடுமாறன் 1985-இல் தொடங்கிய முரசு அஞ்சல் என்ற தமிழ் மென்பொருளைக் கற்றுக்கொண்டு, 1999 முதல் லண்டனில் இருந்த சித்தப்பாவுக்குத் தமிழிலேயே எழுதினார். 2009-இல் அவுட்லுக் எக்ஸ்பிரஸிலிருந்து அவற்றை தண்டர்பேர்டுக்கு மாற்றி வைத்தேன். மூன்று வருடம் கழித்து அவர் போய்விட்டார். திறந்து பார்த்தால் எல்லாம் கிறுக்கல். முக்கால் என்ற பின்னக் குறி, சாய்கோடு போட்ட ஆங்கில ஏ, சென்ட் காசுக் குறி, சாய்கோடு போட்ட யூ. இந்த நான்கும் பக்கம் பக்கமாக, வரிக்கு வரி வந்துகொண்டே இருந்தன. கெட்டுப்போன கோப்பு என்றே பல வருடம் நினைத்திருந்தேன்.

அந்த நான்கு குறிகள் 'தமிழ்' என்ற சொல். யூனிகோடு பரவுவதற்கு முன் வெளிநாட்டுத் தமிழர்கள் மின்னஞ்சலிலேயே பேசிப் பேசி உருவாக்கிய திஸ்கி என்ற குறியேற்றம் அது. ஐரோப்பிய எழுத்துகளுக்கான இடங்களில் தமிழ் எழுத்துகளை உட்கார வைத்திருந்தார்கள். உரிய எழுத்துரு இருந்தால் தமிழ், இல்லாவிட்டால் கிறுக்கல். கொம்பை முதலில் போட்டு எழுத்தைப் பின்னால் போடுவதும் அதன் வழக்கம். அப்பாவின் கைக்கு அது பழகிய வரிசைதான். அந்தக் காலத்தில் இப்படிப் பல குறியேற்றங்கள் ஓடின. 1999-இல் சென்னையில் நடந்த மாநாட்டுக்குப் பிறகு தமிழ்நாட்டு அரசு அறிவித்தவை வேறு. எங்களைப் போன்ற அச்சகங்களுக்கு இன்றும் பாமினி என்ற பழைய எழுத்துருவில் வாசகம் வருகிறது. அதில் 'அம்மா' என்பது கணினிக்கு எம், கே, அரைப்புள்ளி, கே, எச்.

விஷயம் பிடிபட்டதும் வழி சுலபமாகிவிட்டது. தேட வேண்டிய சொல்லை யூனிகோடில் தட்டி, ஒரு குறியேற்ற மாற்றியில் திஸ்கியாக மாற்றி, கிடைத்த கிறுக்கலை அப்படியே குவிக் ஃபில்டரில் ஒட்டி, உடலில் தேடச் சொன்னேன். அந்தப் பெட்டி ஐரோப்பியப் பெரிய எழுத்தையும் சிறிய எழுத்தையும் ஒன்றாக எண்ணும். திஸ்கியில் அவை வெவ்வேறு தமிழ் எழுத்துகள். அதனால் சம்பந்தமில்லாத சில கடிதங்களும் கூடவே வரும். பரவாயில்லை. நான் முதலில் மாற்றி ஒட்டிய சொல் 'தண்ணீர்மலை'.

மூன்று கடிதங்கள் வந்தன. அதில் ஒன்று 2001 தைப்பூசத்துக்கு மறுநாள் எழுதியது. மாற்றியில் போட்டுத் தமிழாக்கிப் படித்தேன். காகித விலை ஏறியது, சித்தியின் முழங்கால் வலி, அப்புறம் நான். அந்த வருடம்தான் நான் முதல்முதலாகப் பால்குடம் எடுத்தேன். அப்பாவுக்குக் கடையில் வேலை இருந்தது, வரவில்லை என்றே இத்தனை நாளும் நினைத்திருந்தேன். கூட்டத்துக்குள் என் பின்னாலேயே படியேறி வந்ததாகவும், நான் திரும்பிப் பார்த்தால் வெட்கப்படுவேன் என்று தூணுக்குப் பின்னால் நின்றுகொண்டதாகவும் தம்பிக்கு எழுதியிருக்கிறார்.

இப்போது இரவு கடை சாத்திய பிறகு நாளுக்கு இரண்டு கடிதமாக மாற்றி வைக்கிறேன். ஒவ்வொன்றின் மேலும் யூனிகோடில் ஒரு வரி சேர்க்கிறேன்: ஊர், ஆள், வருடம். கௌரியின் அம்மாவுக்கும் அந்தப் பழைய வாசகத்தை அப்படித்தான் திருப்பி அனுப்பினேன், பெயரை இரண்டு விதமாகவும் எழுதி.