அறுவடைக்குப் பின் காய்கனிப் பாதுகாப்பு: புதுச்சேரிக் குடியானவர்கள் கவனிக்கத் தக்கவை

நிலத்தைப் பண்படுத்துவது, நல்ல விதை தேடுவது, எரு இடுவது, பூச்சி நோய்களை அடக்குவது ஆகியவற்றில் குடியானவர்கள் எடுத்துக்கொள்ளும் சிரத்தையில் கால் பங்காவது, பறித்த காயையும் பழத்தையும் பேணுவதில் எடுத்துக்கொள்ளப்படுவதில்லை. விளைச்சல் களத்தை விட்டு வெளியேறியதும் தம் வேலை முடிந்தது என்று எண்ணுவோர் பலர். நெல்லுக்கு இது ஓரளவு பொருந்தலாம். கத்தரி, வெண்டை, கீரை, வாழை முதலியவற்றுக்குச் சிறிதும் பொருந்தாது. செடியினின்றும் பிரிந்த நிமிஷம் முதல் அவற்றின் மதிப்பு குறையத் தொடங்குகிறது. அக்குறைவு விரைவாக நிகழ்வதும் மெதுவாக நிகழ்வதும் கையாளுவோர் கையில் உள்ளது.

புதுச்சேரி நகரில் நேரு வீதியை ஒட்டியுள்ள பெரிய மார்க்கெட் என வழங்கும் குபேர் அங்காடிக்குப் பாகூர், நெட்டப்பாக்கம், வில்லியனூர், மண்ணாடிப்பட்டு முதலிய கொம்யூன்களிலிருந்தும், அண்டையிலுள்ள கடலூர், விழுப்புரம் ஜில்லாக்களிலிருந்தும் காய்கறிகள் வருகின்றன. மலைப்பிரதேசக் காய்களோ பல நூறு கிலோமீட்டர் கடந்து வருகின்றன. அவற்றோடு போட்டியிடும்போது உள்ளூர்க் குடியானவருக்கு உள்ள ஒரே அனுகூலம், பறித்த சில மணி நேரத்திற்குள் சரக்கைச் சந்தைக்குக் கொண்டுவர இயலும் என்பதே. அந்த அனுகூலத்தைக் கவனக்குறைவால் இழந்துவிட்டால் பக்கத்து ஊர்க் கத்தரிக்காயும் தூரத்துக் கத்தரிக்காயும் ஒரே விலைக்குத்தான் போகும்.

நஷ்டத்தின் அளவு

லூதியானாவிலுள்ள மத்திய அறுவடைப் பிந்தையத் தொழில்நுட்ப ஆராய்ச்சி நிலையம் 2015-இல் வெளியிட்ட கணக்கின்படி, இந்தியாவில் காய்கனிகளில் பயிருக்கேற்ப 4.58 முதல் 15.88 சதவீதம் வரை அறுவடையின்போதும் அதற்குப் பின்னும் வீணாகிறது. இவற்றுள் மிக அதிக நஷ்டம் கொய்யாவுக்கே.

சதவீதம் சிறியதாகத் தோன்றலாம். ஆனால் எடையில் நேரும் நஷ்டம் வேறு, பணத்தில் நேரும் நஷ்டம் வேறு. உதாரணமாக, ஒருவர் 100 கிலோ கத்தரிக்காய் பறித்ததாகவும், புதிய காய்க்குக் கிலோ 20 ரூபாய் கிடைப்பதாகவும் கொள்வோம். வெயிலில் கிடந்ததால் 6 கிலோ நீராக ஆவியாகிவிட்டது. அடிபட்டது 5 கிலோ கழிந்தது. மீதி 89 கிலோவும் சற்று வாடியிருப்பதால் 15 ரூபாய்க்கே கேட்கப்படுகிறது. 2,000 ரூபாய் வரவேண்டிய இடத்தில் 1,335 ரூபாய் வருகிறது. எடையில் குறைந்தது 11 சதவீதமே. வருமானத்தில் குறைந்தது மூன்றில் ஒரு பங்கு. உழவு, விதை, எரு, கூலி ஆகிய செலவுகள் மட்டும் ஒரு காசும் குறைவதில்லை. ஆகையால் குறைந்த அந்தப் பணம் முழுவதும் குடியானவரின் லாபத்திலிருந்தே கழிகிறது.

பறித்த காயும் உயிருள்ளதே

பறித்த காய் உயிரற்ற பொருளன்று. அது பிராணவாயுவை உட்கொண்டு, தன்னுள் சேமித்த சர்க்கரையைச் செலவிட்டு, கரியமிலவாயுவையும் உஷ்ணத்தையும் வெளிவிடுகிறது. செடியில் இருந்தவரை வேர் நீரையும் இலை உணவையும் ஊட்டின. பறித்த பின் வரவு நின்றது. செலவு மட்டும் நடக்கிறது. உஷ்ணம் 10 டிகிரி சென்டிகிரேடு உயருந்தோறும் இச்செலவு சுமார் இரண்டு முதல் மூன்று மடங்காகிறது. 35 டிகிரி வெயிலில் ஒரு மணி நேரம் கிடந்த வெண்டைக்காய், 25 டிகிரி நிழலில் இரண்டு மூன்று மணி நேரம் இருந்ததற்கு ஒப்பாகும்.

வெண்டை, கீரை, பச்சைப் பட்டாணி போன்ற இளம் பொருள்கள் மிக வேகமாகச் சுவாசிப்பவை. அவற்றைக் கோணிப்பையில் திணித்துக் கட்டினால், உள்ளே எழும் உஷ்ணம் வெளியேற வழியின்றித் தேங்கும். மூட்டையின் நடுவில் கைவைத்துப் பார்த்தால் சூடு தெரியும். பச்சைக் காய்கறிகளில் பல, தம் எடையில் 5 முதல் 10 சதவீதம் நீரை இழந்தவுடன் வாடித் தோன்றும். அதன் பின் தண்ணீர் தெளிப்பதால் பழைய நிலை முழுவதும் மீளாது.

பறிக்கும் வேளையும் முறையும்

சூரியோதயத்தை ஒட்டிய வேளையில் காய் குளிர்ந்தும் நீர் நிறைந்தும் இருக்கும். அப்போது பறிப்பதே உத்தமம். பனி மிகுந்த நாளில் இலைகளின் ஈரம் உலரும் வரை சற்றுப் பொறுக்கலாம். முன்மாலை பறிப்பவர்கள் சரக்கை இரவு முழுவதும் காற்றோட்டமான கொட்டகையில் பரப்பி வைத்தல் வேண்டும், குவியலாகப் போடலாகாது.

கத்தரிக்காயைப் பிடித்து இழுக்காமல், காம்புடன் கத்தியால் நறுக்க வேண்டும். காம்பைச் சூழ்ந்த பச்சைத் தொப்பியைப் பார்த்தே வாங்குவோர் காயின் புதுமையை மதிப்பிடுகின்றனர். வெண்டையின் தோல் மெல்லியது. உராய்ந்த இடம் சில மணி நேரத்தில் கறுக்கும். ஆகையால் பறிப்போர் துணிக் கையுறை அணிதல் கைக்கும் நல்லது, காய்க்கும் நல்லது. மாங்காயை ஒரு சென்டிமீட்டர் காம்புடன் கொய்து, பின்னர் காம்பைக் கிள்ளித் தலைகீழாக வைத்துப் பாலை வடியவிட வேண்டும். பால் பட்ட தோல் கறுத்து விலை குன்றும். மரவள்ளிக் கிழங்கு மண்ணில் இருக்கும்வரை கெடுவதில்லை; பிடுங்கிய இரண்டு மூன்று நாளில் உள்ளே கருநீலக் கோடுகள் ஓடிவிடும். ஆதலின் வியாபாரி வண்டியுடன் வந்த பின் பிடுங்குவதே முறை.

பறித்தவுடன் தரம் பிரித்தல் அவசியம். அழுகிய ஒரு காய் கூடை முழுவதையும் கெடுக்கும். புழு குடைந்தது, கீறல் பட்டது, முற்றியது ஆகியவற்றை நிலத்திலேயே நீக்கினால் வண்டிச்சத்தம் மிச்சப்படும். எரு உண்டாக்கவும் உதவும். கீரையை வேருடன் பிடுங்கிச் சுத்தமான நீரில் அலசி, நனைந்த துணியால் மூட வேண்டும். சாக்கடை கலந்த குட்டை நீரில் கழுவுவது, உண்போருக்கு வயிற்று நோய் கொண்டுசேர்ப்பதாகும்.

கோணிப்பையில் அடைத்த காய் மேல்பாரத்தால் நசுங்குகிறது. மூங்கிற் கூடையின் சிம்பு தோலைக் கிழிக்கிறது. உட்புறம் வாழைச்சருகோ வைக்கோலோ காகிதமோ இட்டால் இது தடைப்படும். 20 கிலோ கொள்ளும், பக்கங்களில் துளையுள்ள பிளாஸ்டிக் பெட்டி இவ்விரண்டினும் சிறந்தது. அதனை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கினாலும் பாரம் பெட்டியின் விளிம்பில் விழுமேயன்றிக் காயின்மேல் விழாது. விளிம்புக்கு மேல் காய் நிரப்பினால் இந்த நன்மை போய்விடும்.

செங்கல் குளிர்ப்பெட்டியும் கடற்காற்றும்

மின்சாரம் வேண்டாத குளிர்ப்பெட்டி ஒன்றை 1980-களின் தொடக்கத்தில் புதுதில்லி இந்திய வேளாண்மை ஆராய்ச்சி நிலையத்தில் ராய், குர்தியா என்ற இரு விஞ்ஞானிகள் அமைத்தனர். 165 சென்டிமீட்டர் நீளமும் 115 சென்டிமீட்டர் அகலமும் உள்ள செங்கல் தளத்தின்மேல், இடையில் 7.5 சென்டிமீட்டர் சந்து விட்டு, 67.5 சென்டிமீட்டர் உயரத்துக்கு இரட்டைச் சுவர் எழுப்ப வேண்டும். சந்தில் ஆற்று மணலை நிரப்ப வேண்டும். மூங்கிலும் வைக்கோலும் கொண்டு மூடி செய்து, மேலே ஒரு நிழற்பந்தல் போட வேண்டும். மணலையும் சுவரையும் காலை மாலை நனைத்துவந்தால், நீர் ஆவியாகும்போது உட்புறம் குளிரும். சுமார் 100 கிலோ காய்கனியை இதில் வைக்கலாம்.

இதன் தத்துவம் மண்பானையில் நீர் குளிர்வதே. ஒரு கிலோ நீர் ஆவியாகும்போது சுமார் 580 கிலோகலோரி வெப்பத்தை ஈர்க்கிறது. 100 கிலோ காயை ஏறத்தாழ 6 டிகிரி குளிர்விக்க இது போதும். ஆனால் நீர் ஆவியாக வேண்டுமெனில் காற்று வறண்டிருக்க வேண்டும். இங்கேதான் புதுச்சேரிக் குடியானவர்கள் சற்று யோசிக்க வேண்டும்.

வடநாட்டுக் கோடையில் உஷ்ணம் 42 டிகிரியும் ஈரப்பதம் 20 சதவீதமும் இருக்கும் நாளில், நனைந்த பொருள் சுமார் 23 டிகிரி வரை குளிரக்கூடும். லாபம் 19 டிகிரி. கடற்கரையிலோ உஷ்ணம் 35 டிகிரி, ஈரப்பதம் 60 சதவீதம் எனில் 28 டிகிரிக்குக் கீழே இறங்காது. லாபம் 7 டிகிரி. உஷ்ணம் 30 டிகிரி, ஈரப்பதம் 80 சதவீதம் எனில் லாபம் 3 டிகிரியே. இவை எட்டக்கூடிய எல்லைகள்; நடைமுறையில் இதனினும் குறைவாகவே கிடைக்கும். ஆகவே, வடக்கே கண்ட பலனை அப்படியே இங்கு எதிர்பார்த்துச் செலவு செய்தால் ஏமாற்றமே மிஞ்சும்.

அதனால் குளிர்ப்பெட்டி புதுச்சேரிக்குப் பயனற்றது என்று கொள்ளவேண்டியதில்லை. பெட்டியின் உட்காற்று 90 சதவீதம் ஈரமாக இருப்பதால், குளிர்ச்சி குறைவாயினும் காய் வாடுவது வெகுவாகத் தடைப்படும். மாசி முதல் ஆனி வரை, மாலையில் பறித்துக் காலையில் விற்கும் கத்தரி, வெண்டை, கீரைக்கு இது ஏற்றது. ஐப்பசி, கார்த்திகை மாதங்களில் இதனைப் பயன்படுத்துவதால் பூசணம் பிடிப்பதுதான் மிச்சம்.

பெட்டி கட்டுமுன் எளிய சோதனை ஒன்றைச் செய்யலாம். ஒரே மாதிரியான இரண்டு உஷ்ணமானிகளை நிழலில் காற்றுப்படத் தொங்கவிட்டு, ஒன்றன் குமிழை நனைந்த மெல்லிய துணியால் சுற்றிக் கால் மணி நேரம் கழித்துப் பார்க்க வேண்டும். இரண்டுக்கும் உள்ள வித்தியாசமே அன்று பெட்டி தரக்கூடிய குளிர்ச்சியின் உச்ச அளவு. வித்தியாசம் 5 டிகிரிக்கு மேல் இருக்கும் நாள்கள் பல எனில் செலவு தகும். 2, 3 டிகிரியே எனில் காற்றோட்டமான கூரைக்கொட்டகையே போதும்.

எல்லாவற்றுக்கும் ஒரே குளிர் ஆகாது

மின்சாரக் குளிர்பதன அறை கிடைப்பவர்களும் ஒன்றை நினைவில் வைக்க வேண்டும். முட்டைக்கோஸ், காரட், பீட்ரூட் முதலியவை 0 டிகிரியை ஒட்டிய குளிரில் நெடுநாள் இருக்கும். நம் நாட்டு உஷ்ணப் பயிர்கள் அவ்வாறல்ல. வாழை 13 டிகிரிக்குக் கீழே தோல் கறுத்துச் சரியாகப் பழுக்காமற் போகும். கத்தரி, வெள்ளரி ஆகியவற்றுக்கு 10 முதல் 12 டிகிரியே தக்கது. அதிகக் குளிரில் தோலில் குழி விழும். சின்ன வெங்காயத்துக்கோ ஈரமே பகை. அதன் தாளை நன்கு உலர்த்தி, காற்று ஊடுருவும் பட்டறையில் வைக்க வேண்டும். குளிர்ப்பெட்டியில் ஒருபோதும் வைக்கலாகாது.

பழுக்க வைத்தல்

பழங்கள் பழுக்கும்போது எத்திலீன் என்ற வாயுவை வெளிவிடுகின்றன. 1924-இல் அமெரிக்காவில் டென்னி என்பவர், எலுமிச்சைக்கு நிறமூட்டியது மண்ணெண்ணெய் அடுப்பின் சூடன்று, அதன் புகையிலுள்ள எத்திலீனே என்று காட்டினார். 1934-இல் இங்கிலாந்தில் கேன் என்பவர், பழங்களே இவ்வாயுவை உண்டாக்குகின்றன என்று நிரூபித்தார். நம் முன்னோர் வாழைத்தாரை மூடிய அறையில் அடுக்கிப் புகைமூட்டம் போட்டுப் பழுக்க வைத்ததன் ரகசியமும் இதுவே. பழுத்த வாழையுடன் கீரையும் வெள்ளரியும் ஒரே அறையில் இருந்தால் மஞ்சள் பூப்பதும் இதனாலேயே.

கார்பைடு கல்லால் பழுக்க வைப்பது 2011-ஆம் வருஷத்து உணவுப் பாதுகாப்பு விதிகளின்படி தடைசெய்யப்பட்டது. அக்கல்லில் ஆர்சனிக், பாஸ்பரஸ் ஆகிய நச்சுக்கள் கலந்திருக்கலாம். தவிரவும் அது முற்றாத காய்க்கும் நிறம் ஊட்டி, சுவையற்ற பழத்தைத் தருகிறது. இதற்கு மாற்றாக, மூடிய அறையில் பத்து லட்சத்தில் 100 பங்கு வரை எத்திலீன் வாயுவைச் செலுத்த 2016 முதல் அனுமதி உண்டு. எத்திபான் கரைசலில் பழத்தை நேராக முக்குவது கூடாது.

மழையும் புயலும்

2011 டிசம்பர் 30-இல் வீசிய தானே புயலும், 2024 நவம்பர் 30-இல் கரை கடந்த பெஞ்சல் புயலும் இப்பிரதேசத்தார் மறக்கக்கூடியவையல்ல. புயல் எச்சரிக்கை வந்தவுடன் முக்கால் பங்கு முற்றிய வாழைத்தார்களையும், பறிக்கும் பக்குவத்திலுள்ள காய்களையும் முன்கூட்டி எடுத்துவிடுவது நலம். சாய்ந்த மரத்தின் இளந்தாரைப் பழுக்கப் போட்டால் இனிப்பேறாது. கறிக்காயாக உடனே விற்பதே வழி. வெள்ளத்தில் மூழ்கிய கீரையைச் சந்தைக்குக் கொண்டுவரலாகாது. மழையில் நனைந்த காயை மூட்டை கட்டுமுன் காற்றாட உலர்த்த வேண்டும்.

மேலே கூறியவற்றுள் பெரும்பாலானவை பணச்செலவு இல்லாதவை. விடியலில் பறித்தல், நிழலில் வைத்தல், தரம் பிரித்தல், அளவுடன் நிரப்புதல், தாமதமின்றி அனுப்புதல் ஆகிய ஐந்துக்கும் வேண்டியது கவனமே. பெட்டிக்கும் உஷ்ணமானிக்கும் ஆகும் சிறு செலவைப் பக்கத்துக் குடியானவர் நால்வர் சேர்ந்து பகிர்ந்துகொள்ளலாம். குரும்பாப்பட்டிலுள்ள பெருந்தலைவர் காமராசர் வேளாண் அறிவியல் நிலையத்தை அணுகினால் அவரவர் பயிருக்கேற்ற யோசனை பெறலாம். ஒரு பருவத்தில் ஒரு பயிருக்கேனும் இம்முறைகளைக் கைக்கொண்டு, வரவு செலவை எழுதி வைத்துப் பார்த்தால், அடுத்த பருவத்தில் பிறர் சொல்ல வேண்டிய அவசியம் இராது.