கண்ணை மூடுங்கள், காதால் வாங்குங்கள்!

வானூரில் ஒரு வீடு. அப்பா, அம்மா, பள்ளிக்கூடம் போகும் மகள், வயதான ஆயா. இப்படி ஒரு குடும்பம் இருப்பதாக வைத்துக்கொள்வோம்.

அந்த வீட்டில் எல்லோருக்கும் பாட்டு என்றால் ஆசை. ஆனால் யாரும் சேர்ந்து பாட்டுக் கேட்பதில்லை!

மகளின் காதில் எப்போதும் இயர்போன். அப்பா செல்போனை மேசைமேல் வைத்துப் பழைய சினிமாப் பாட்டுக் கேட்கிறார். அது கொசு பாடுவதுபோல ஒலிக்கிறது. ஆயாவுக்கு நாதஸ்வரம் என்றால் உயிர். அவருக்கோ அந்தக் கொசுச் சத்தம் காதில் விழுவதே இல்லை.

முன்பு இப்படி இல்லை. ஊருக்கு ஒரு பஞ்சாயத்து ரேடியோ இருந்த காலம் உண்டு. அதன் முன்னால் ஊரே உட்கார்ந்து கேட்டது. சென்னையில் வானொலி நிலையம் 1938-ஆம் ஆண்டு தொடங்கியது. வானூருக்குப் பக்கத்தில் இருக்கும் புதுச்சேரிக்கு 1967-ஆம் ஆண்டு வானொலி நிலையம் வந்தது. வீட்டுக்கு ஒரு ரேடியோ வந்த பிறகும், ஒரு கூடத்தில் எல்லோரும் சேர்ந்தே கேட்டார்கள்.

இந்த ஆண்டு அப்பாவுக்குத் தீபாவளி போனஸ் கிடைத்திருக்கிறது. வீட்டுச் செலவு போக, பத்தாயிரம் ரூபாய் கையில் மிஞ்சியது. "நல்லதாக ஒரு ஜோடி ஸ்பீக்கர் வாங்கி வாருங்கள். அத்தையும் கேட்கட்டும்" என்கிறார் அம்மா.

அப்பா புதுச்சேரிக்குப் பஸ் ஏறுகிறார். கடையில் வரிசை வரிசையாகப் பெட்டிகள்! எதை வாங்குவது?

பல குடும்பங்களுக்கு வரும் கேள்விதான் இது. பணம் கொஞ்சம். தவறாக வாங்கிவிட்டால் அடுத்த போனஸ் வரும்வரை காத்திருக்க வேண்டும்.

ஐயாயிரம் வாட்!

கடையில் முதலில் கண்ணில் படுவது விளக்குகள். சிவப்பு, நீலம், பச்சை என்று பெட்டியில் மின்னுகின்றன. அதற்குக் கீழே பெரிய எழுத்தில் "5,000 வாட் பி.எம்.பி.ஓ." என்று அச்சடித்திருக்கிறது.

இதைக் கண்டு மயங்க வேண்டாம். பி.எம்.பி.ஓ. என்ற கணக்குக்கு எல்லோரும் ஒப்புக்கொண்ட அளவுகோல் எதுவும் கிடையாது. கண் இமைக்கும் நேரத்துக்கு வரக்கூடும் என்று சொல்லப்படும் சக்தி அது. அதனால் அவரவர் விருப்பம்போல எண்ணைப் போட்டுக்கொள்ளலாம்.

கேட்க வேண்டியது "ஆர்.எம்.எஸ். எத்தனை வாட்?" என்பதுதான். தொடர்ந்து தாங்கக்கூடிய சக்தியைக் காட்டும் கணக்கு அது. 5,000 என்று எழுதிய பெட்டியின் ஆர்.எம்.எஸ். கணக்கு 50-ஐத் தாண்டாமலும் இருக்கலாம்.

அதனால் குறை ஒன்றும் இல்லை. ஒரு சின்னக் கூடத்துக்கு அது தாராளம். வாட் இரண்டு மடங்கானால் சத்தமும் இரண்டு மடங்காகிவிடாது. கொஞ்சம்தான் கூடும். காதுக்கு இரண்டு மடங்கு சத்தமாகத் தோன்ற வேண்டுமானால், ஏறக்குறைய பத்து மடங்கு வாட் வேண்டும்! ஆகவே 40 வாட்டா, 60 வாட்டா என்று மண்டையை உடைத்துக்கொள்ளத் தேவை இல்லை.

பெட்டிக்குள் என்ன இருக்கிறது?

ஸ்பீக்கரின் உள்ளே ஒரு காந்தம் இருக்கிறது. அதன் நடுவே மெல்லிய கம்பிச் சுருள். சுருளோடு ஒரு கூம்பு ஒட்டியிருக்கும். கம்பியில் மின்சாரம் பாயும்போது சுருள் முன்னும் பின்னும் அசைகிறது. கூம்பும் கூடவே அசைந்து காற்றைத் தள்ளுகிறது. அதுதான் நம் காதில் பாட்டாக வந்து விழுகிறது.

அமெரிக்காவின் ஜெனரல் எலெக்ட்ரிக் கம்பெனியில் வேலை செய்த ரைஸ், கெல்லாக் என்ற இருவர் 1925-இல் இந்த முறையைச் செம்மைப்படுத்தினார்கள். இன்றும் பெரும்பாலான ஸ்பீக்கர்கள் அதே முறையில்தான் பாடுகின்றன.

நல்ல பெட்டியில் இரண்டு கூம்புகள் இருக்கும். பெரியது ஊஃபர். மிருதங்கத்தின் 'தொம்', தவிலின் அதிர்வு போன்ற கனத்த ஒலிகளை அது தரும். சிறியது ட்வீட்டர். ஜால்ராவின் 'கிணிங்', வயலினின் மெல்லிய இழை ஆகியவை அதன் வேலை.

முன்னாளில் கனத்த ஒலி வேண்டுமென்றால் அலமாரி அளவுக்குப் பெட்டி வேண்டியிருந்தது. 1954-இல் எட்கர் வில்ச்சூர் என்ற அமெரிக்கர் ஒரு வழி கண்டார். பெட்டியைக் காற்றுப் புகாமல் மூடி, உள்ளே அடைபட்ட காற்றையே சுருள்வில்போல வேலை வாங்கினார். பெட்டி சுருங்கியது. புத்தக அலமாரியில் வைக்கும் அளவுக்கு வந்தது. 'புக்ஷெல்ஃப் ஸ்பீக்கர்' வீடுகளுக்குள் வந்த கதை இது.

பிறகு 1970-களில் லண்டன் பி.பி.சி. தன் வெளி ஒலிபரப்பு வண்டிகளுக்காக ஒரு சின்னப் பெட்டியை உருவாக்கியது. உயரம் ஒரே ஒரு அடி! மனிதக் குரல் அதில் அவ்வளவு இயல்பாகக் கேட்டது. இசைப் பிரியர்கள் இன்றும் அதைத் தேடி வாங்குகிறார்கள்.

ஆனால் ஒன்றை நினைவில் வைக்க வேண்டும். சின்னப் பெட்டி, ஆழ்ந்த ஒலி, பெரிய சத்தம் இவை மூன்றும் ஒன்றாகக் கிடைக்கமாட்டா. "எல்லாம் இதில் இருக்கிறது" என்று கடைக்காரர் சொன்னால் சிரித்துக்கொண்டே கேட்டுக்கொள்ளலாம்.

பெட்டி பாடக்கூடாது!

வீணையின் குடத்தைப் பலா மரத்தில் குடைகிறார்கள். தந்தியோடு சேர்ந்து குடமும் பாட வேண்டும். வானூர் வட்டாரத்தில் இருக்கும் ஆரோவில்லில் 'ஸ்வரம்' என்ற இசைக்கருவிப் பட்டறை இருக்கிறது. அங்கே போய்க் கேட்டாலும் இதையே சொல்வார்கள். கருவியின் உடல் அதிர்ந்தால்தான் நாதம்.

ஸ்பீக்கர் பெட்டிக்கு நேர்மாறான சட்டம். கூம்பு மட்டும்தான் பாட வேண்டும். பெட்டி வாயை மூடிக்கொண்டிருக்க வேண்டும். பெட்டியும் சேர்ந்து பாடினால் வீணையும் தவிலும் ஒரே குரலில் கேட்கும்.

சந்தையில் பானை வாங்கும்போது தட்டிப் பார்க்கிறோம் அல்லவா? ஸ்பீக்கரையும் அப்படியே தட்டிப் பாருங்கள். நல்ல பானை 'ணங்' என்று ஒலிக்கும். நல்ல ஸ்பீக்கர் பெட்டி 'தொப்' என்று அடங்கும். தகரம்போல அதிர்ந்தால் வைத்துவிட்டு வரலாம்.

கையில் தூக்கியும் பாருங்கள். ஒரே அளவுள்ள இரண்டு பெட்டிகளில், கனமானது பெரும்பாலும் உறுதியாகச் செய்யப்பட்டிருக்கும்.

திரைக்குப் பின்னால்

1994-இல் அமெரிக்காவில் ஒரு சோதனை நடந்தது. ஃபிளாய்ட் டூல், ஷான் ஆலிவ் என்ற இரண்டு ஒலி நிபுணர்கள் அதை நடத்தினார்கள். நாற்பது பேரை உட்காரவைத்து, சில ஸ்பீக்கர்களை ஒலிக்கவிட்டு மார்க் போடச் சொன்னார்கள்.

முதலில் திரைக்குப் பின்னால் பெட்டிகளை வைத்தார்கள். பிறகு திரையை விலக்கி, பெட்டிகளைக் காட்டி, மறுபடியும் மார்க் கேட்டார்கள்.

என்ன ஆயிற்று? அதே பெட்டி, அதே பாட்டு, அதே காது. மார்க் மட்டும் மாறிவிட்டது! பெரிய, அழகான பெட்டிகளுக்கு மார்க் ஏறியது. சின்னதாக, விலை குறைவாக இருந்ததற்கு இறங்கியது. காது சொன்னதைக் கண் கெடுத்துவிட்டது!

பணம் குறைவாக உள்ளவர்களுக்கு இதைவிட நல்ல செய்தி இல்லை. பளபளப்புக்குக் கொடுக்கும் பணம் பாட்டில் சேராது. கண்ணை மூடிக் கேட்டால் ஏமாற்றம் குறையும்.

கடையில் செய்ய வேண்டியவை

1. உங்களுக்கு மனப்பாடமான பாட்டை நீங்களே கொண்டுபோங்கள். கடைக்காரர் போடும் பாட்டு அந்தப் பெட்டிக்கு எடுபடும் பாட்டாகவே இருக்கும்.

2. முதலில் குரலைக் கேளுங்கள். பாடுபவர் எதிரில் உட்கார்ந்து பாடுவதுபோல இருக்க வேண்டும். மூக்கடைத்தாற்போலவோ, பானைக்குள் பாடுவதுபோலவோ இருக்கக்கூடாது.

3. அடுத்து மிருதங்கம். வலந்தலையும் தொப்பியும் தனித்தனியாகக் கேட்க வேண்டும். எல்லாம் சேர்ந்து 'பொம் பொம்' என்று ஒலித்தால் அது மிருதங்கம் அல்ல, பெட்டியின் இரைச்சல்.

4. இரண்டு ஜோடிகளை ஒப்பிடும்போது சத்தத்தைச் சமமாக வைக்கச் சொல்லுங்கள். கொஞ்சம் உரக்கப் பாடுவதே காதுக்கு நல்லதாகத் தோன்றும். அந்தத் தந்திரத்தில் பலர் ஏமாந்து போகிறார்கள்.

5. ஆம்ப்ளிஃபயர் உள்ளே இருக்கிறதா என்று கேளுங்கள். இல்லாவிட்டால் அதைத் தனியாக வாங்க வேண்டும். அது இன்னொரு செலவு. பத்தாயிரம் ரூபாய் அளவில் வாங்குகிறவர்களுக்கு ஆம்ப்ளிஃபயரும் சேர்ந்த ஜோடியே கட்டுப்படியாகும். செல்போன், டி.வி. இரண்டையும் அதில் இணைக்க முடியுமா என்றும் பார்த்துக்கொள்ளுங்கள்.

6. பில், உத்தரவாதம், பழுது பார்க்கும் இடம் ஆகிய மூன்றையும் கேட்டு வாங்குங்கள். வீட்டில் வைத்துப் பார்த்துப் பிடிக்காவிட்டால் திருப்பி எடுத்துக்கொள்வார்களா என்பதையும் முதலிலேயே பேசிவிடுங்கள்.

காசில்லாமல் கூடும் இனிமை

பெட்டி வீட்டுக்கு வந்துவிட்டது. எங்கே வைப்பது?

மூலையில் வைக்கவே கூடாது. மூலையில் கனத்த ஒலி வீங்கிப்போகும். சுவரோடு ஒட்டியும் வைக்க வேண்டாம். முடிந்தால் ஒரு அடி தள்ளி வையுங்கள். பெட்டியின் பின்பக்கத்தில் துளை இருந்தால் இது மிகவும் முக்கியம். பெயர்தான் புக்ஷெல்ஃப் ஸ்பீக்கர். புத்தகங்களுக்கு நடுவே அடைத்துவைத்தால் அதற்கு மூச்சு முட்டும்!

ட்வீட்டர், உட்கார்ந்திருப்பவரின் காது உயரத்துக்கு வர வேண்டும். இரண்டு பெட்டிகளுக்கும் நடுவே ஆறு அடி இடைவெளி என்றால், கேட்பவரும் ஒவ்வொன்றிலிருந்தும் ஆறு அடி தள்ளி உட்காரட்டும். அப்போது பாடகர் நடுவில் நிற்பதுபோலத் தோன்றும்.

நம் வீடுகளில் சிமெண்டுச் சுவர், டைல்ஸ் தரை. கை தட்டினால் எதிரொலிக்கும். அந்தக் கூடத்தில் எவ்வளவு விலை உயர்ந்த பெட்டியும் கூச்சல்தான் போடும். தரையில் ஒரு ஜமுக்காளம் விரியுங்கள். ஜன்னலுக்குக் கனமான திரை போடுங்கள். துணி போர்த்திய சோபா, நிறைந்த புத்தக அலமாரி எல்லாமே உதவும்.

கம்பி இணைப்பில் ஒரு கவனம். சிவப்பு சிவப்போடும் கறுப்பு கறுப்போடும் சேர வேண்டும். ஒரு பெட்டியில் மட்டும் மாறிவிட்டால், ஒன்று காற்றைத் தள்ளும்போது மற்றது இழுக்கும். கனத்த ஒலி காணாமல் போகும். "பெட்டி சரியில்லை" என்று திருப்பிக் கொண்டுபோவதற்கு முன் இதை ஒருமுறை பார்த்துவிடுங்கள்.

பக்கத்து வீடும் காதும்

நல்ல ஸ்பீக்கருக்கு ஒரு குணம் உண்டு. மெதுவாகப் பாடினாலும் எல்லாம் கேட்கும். சத்தத்தைக் கூட்டினால்தான் நன்றாக இருக்கிறது என்றால், பெட்டியிலோ கூடத்திலோ குறை இருக்கிறது.

சத்தத்தை டெசிபல் என்ற அளவால் கணக்கிடுகிறார்கள். வாரத்துக்கு 40 மணி நேரம் 80 டெசிபல்வரை கேட்கலாம் என்பது உலக சுகாதார நிறுவனத்தின் கணக்கு. அதற்கு மேல் மூன்று டெசிபல் கூடினாலே, கேட்கும் நேரத்தைப் பாதியாகக் குறைக்க வேண்டும். ஒருமுறை கெட்ட காது திரும்பி வராது.

அக்கம்பக்கத்தையும் மறக்கக் கூடாது. 2000-ஆம் ஆண்டு வந்த ஒலி மாசு விதிகளின்படி, குடியிருப்புப் பகுதியில் பகலில் 55 டெசிபல், இரவில் 45 டெசிபல் என்பது வரம்பு. இரவு பத்து மணி முதல் காலை ஆறு மணி வரை 'இரவு' என்று கணக்கு.

கூடத்தில் நாதஸ்வரம்

வானூர் வீட்டுக்குத் திரும்புவோம்.

அப்பா விளக்கு மின்னிய பெட்டியை வாங்கவில்லை. சாதாரணமான ஒரு ஜோடியை, தட்டிப் பார்த்து, கண்ணை மூடிக் கேட்டு வாங்கி வந்தார். "இவ்வளவு சின்னதா?" என்று மகள் உதட்டைப் பிதுக்கினாள்.

கூடத்தில் ஜமுக்காளம் விரிந்தது. பெட்டிகள் ஸ்டூல்மேல் ஏறின. நாதஸ்வரம் ஒலித்தது. அதற்குக் கீழே தவில் தனியாகப் பேசியது.

மகள் காதிலிருந்து இயர்போனைக் கழற்றினாள்.

"ஆயா, கேட்குதா?"

ஆயா பதில் சொல்லவில்லை. கண்ணை மூடியிருந்தார். கை மட்டும் தொடையில் தாளம் போட்டுக்கொண்டிருந்தது.

பத்தாயிரம் ரூபாய்க்கு இதைவிட வேறு என்ன வேண்டும்?