மலையில் ஓட்டை போடுவது எப்படி?

மைக்ரோசாஃப்ட் 2001இல் வெளியிட்ட 'டிரெயின் சிமுலேட்டர்' விளையாட்டில் ஆறு ரயில் பாதைகள் இருந்தன. வட இங்கிலாந்தின் செட்டில் - கார்லைல் அவற்றில் ஒன்று. கூடவே, புதிய பாதை அமைக்கும் கருவியையும் கொடுத்திருந்தார்கள். வினை அங்கேதான் தொடங்கியது: ரயில் ஓட்ட வந்த பலர் ஓட்டுவதை விட்டுவிட்டு ஊர் கட்ட உட்கார்ந்துவிட்டார்கள். அந்த விளையாட்டு கடையிலிருந்து மறைந்து வெகுகாலமாகிறது. அதன் பாதைகளை 'ஓப்பன் ரெயில்ஸ்' என்ற இலவச மென்பொருள் இன்றும் ஓடவைக்கிறது.

முதல் வேலை நிலம். விளையாட்டின் உலகம் 2,048 மீட்டர் பக்கமுள்ள சதுரங்களால் ஆனது. சதுரத்துக்குள் 8 மீட்டருக்கு ஒரு புள்ளி. புள்ளிக்கு ஓர் உயரம். 2000 பிப்ரவரியில் எண்டெவர் விண்கலம் ரேடாரால் அளந்த உயரங்கள் இலவசமாகவே கிடைக்கின்றன. ஆனால் அடர்ந்த காட்டில் ரேடார் மரக்கிளைகளையும் தரையோடு சேர்த்துவிடும். ரயிலுக்காக வெட்டிய குறுகலான பள்ளமோ அதன் கண்ணுக்குத் தப்பிவிடும். அந்த நிலத்தை நம்பித் தண்டவாளம் போட்டால் பாதை மேடும் பள்ளமுமாகத்தான் கிடக்கும். அதனால் விவரம் தெரிந்தவர்கள், ரயில்வேயின் பழைய ஏற்ற இறக்கக் கணக்கைப் பார்த்து முதலில் தண்டவாளத்தைப் போடுகிறார்கள். செட்டிலிலிருந்து ஏறும் பாதையில் ஏற்றம் பெரும்பாலும் 100க்கு 1. நிலத்தைப் பிறகு அதற்கேற்ப உயர்த்தியும் தாழ்த்தியும் சரிசெய்கிறார்கள்.

சிக்கல் சுரங்கத்தில்தான். அதே பாதையில் உள்ள பிளே மூர் சுரங்கத்தின் நீளம் சுமார் 2,400 மீட்டர். கணினியின் நிலமோ மேலே விரித்த போர்வை மாதிரி. ஒரு புள்ளிக்கு ஒரே உயரம்தான் இருக்க முடியும். மேலே மலை, கீழே பாதை என்று இரண்டு உயரம் சொல்ல வழியில்லை. ஆகவே வாயிலில் மட்டும் நிலத்தின் சில துண்டுகளை மறைத்து ஓட்டை போடுகிறார்கள். ஓட்டையின் விளிம்பு பல்லிளிக்காதபடி கல் முகப்பு ஒன்றை முன்னால் நிறுத்துகிறார்கள். உள்ளே தனியாக ஒரு குழாய். மலையைக் குடைந்தது போல ஒரு பாவனை, அவ்வளவுதான்.

செட்டிலிலிருந்து வரும்போது சுரங்கத்துக்குச் சற்று முன்னால் வரும் ரிப்பிள்ஹெட் பாலம் சுலபம் போலத் தோன்றும். 24 வளைவுகள், ஒன்றைச் செய்தால் மீதி நகல்தானே? இல்லை. ஒன்று விழுந்தால் மொத்தமும் சரிந்துவிடக் கூடாது என்று ஒவ்வோர் ஆறாவது தூணையும் தடிமனாகக் கட்டியிருக்கிறார்கள் அந்தக்காலப் பொறியாளர்கள். நகலெடுத்தவர் ரயில் பித்தர்களிடம் மாட்டிக்கொள்வது அந்த ஆறாவது தூணில்தான்.