ஏற்றமா, இறக்கமா? அரபு வணிக நாளிதழின் இரு திசைகள்

2006 பிப்ரவரி 25 அன்று சவுதி அரேபியப் பங்குச்சந்தையின் குறியீட்டெண் 20,634 புள்ளிகளைத் தொட்டது. அந்த ஆண்டு முடியும்போது அது 7,933. இதை வரைபடமாக வரைந்தால், இடப்பக்க உச்சியிலிருந்து வலப்பக்கத் தரைக்குச் சரியும் ஒரு கோடு கிடைக்கும். அதே வரைபடத்தைக் கண்ணாடியில் காட்டிப் பாருங்கள். கோடு இடது கீழ்மூலையில் தொடங்கி வலது உச்சிக்கு ஏறும். எண்ணற்ற குடும்பங்களின் சேமிப்பைக் கரைத்த வீழ்ச்சி, நம் கண்ணுக்கு அமோக வளர்ச்சியாகத் தெரியும்.

வலமிருந்து இடமாக எழுதும் மொழியில் வணிக நாளிதழ் நடத்துவோருக்கு இந்தக் கண்ணாடிச் சிக்கல் அன்றாடம் உண்டு. பக்கத்தில் காலம் எந்த ஓரத்திலிருந்து ஓடத் தொடங்குகிறது?

ரியாத்தின் 'அல் இக்திசாதியா' இதற்கு நல்ல உதாரணம். 1992இல் தொடங்கப்பட்ட அரபு வணிக நாளிதழ் அது. அரபு உலகம் முழுக்க வாசிக்கப்படும் 'அஷ்ஷர்க் அல் அவ்சத்' நாளிதழை நடத்தும் அதே சவுதிக் குழுமத்தின் வெளியீடு. எண்ணெய் விலை, வங்கிகளின் காலாண்டு லாபம், சிமென்ட் ஆலைகளின் விற்பனை, அரசு ஒப்பந்தங்கள் ஆகியவைதான் இத்தகைய இதழ்களுக்குச் சரக்கு. அரபு நாளிதழின் முதல் பக்கம், நம் வழக்கப்படி கடைசிப் பக்கம் இருக்குமிடத்தில் இருக்கும். பத்தி வலமிருந்து தொடங்கும். அட்டவணையில் நிறுவனத்தின் பெயர் வலது ஓரத்தில் நிற்க, விலையும் மாற்றமும் இடது நோக்கி நகரும். இதுவரை எல்லாமே நமக்குத் தலைகீழ், ஆனால் ஒழுங்கான தலைகீழ். எண்கள் வந்ததும் அந்த ஒழுங்கு உடைகிறது.

7,933 என்ற எண்ணை அரபு இதழிலும் 7 இடப்பக்கத்திலும் 3 வலப்பக்கத்திலும் வரும்படிதான் அச்சிடுகிறார்கள். எழுத்து ஒரு திசை, எண் எதிர்த்திசை. காரணம் இந்தியாவிலிருந்து போனது. இடமிருந்து வலமாக எழுதிய இந்தியக் கணக்கர்கள் பெரிய இடமதிப்பை முதலில் வைத்தார்கள். 9ஆம் நூற்றாண்டில் பாக்தாதில் வாழ்ந்த அல் குவாரிஸ்மி முதலானோர் இந்தியக் கணக்கு முறையை அரபியில் விளக்கி எழுதியபோது, இலக்கங்கள் நின்ற வரிசையை அப்படியே ஏற்றார்கள். தங்கள் எழுத்துக்கேற்பத் திருப்பவில்லை. வலமிருந்து வாசித்து வருபவருக்கு முதலில் கண்ணில் படுவது ஒன்றாம் இடம். பழைய செவ்வியல் அரபியில் ஒன்று, பத்து, நூறு, ஆயிரம் என்று சிறியதிலிருந்து பெரியதற்கு எண்ணைச் சொல்லும் வழக்கமும் இருந்ததால், கண்ணும் நாக்கும் அப்போது ஒத்துப்போயின.

இன்று அப்படியில்லை. நாம் 'ஏழாயிரத்துத் தொள்ளாயிரத்து முப்பத்து மூன்று' என்று எழுதிய வரிசையிலேயே படித்துவிடுகிறோம். அரபு வாசகர் ஏழாயிரம், தொள்ளாயிரம், பிறகு மூன்று, அதன்பின் முப்பது என்று சொல்வார். அதாவது வலமிருந்து வந்த கண் எண்ணின் இடது முனைக்குத் தாவி, இரண்டு இலக்கங்களை வலப்புறமாகக் கடந்து, கடைசி இலக்கத்தைத் தொட்டு, ஓர் இடம் திரும்பி, மீண்டும் வாக்கியத்தின் திசையைப் பிடிக்கவேண்டும். ஒரு வணிகச் செய்தியில் எத்தனை எண்கள் உண்டோ அத்தனை முறை இந்தத் தாவல் நடக்கிறது. வாசிப்பவருக்கு அது உறைப்பதே இல்லை.

இலக்கங்களின் வடிவமும் இரண்டு வகை. மொராக்கோ, துனீசியா பக்கம் நாம் எழுதும் 1, 2, 3தான். எகிப்திலும் வளைகுடாவிலும் வேரூன்றியது வேறொரு வரிசை. அதில் 5 என்பது நம் பூஜ்யம் போன்ற வட்டம்; 6 நம் 7ஐப் போலிருக்கும்; பூஜ்யம் வெறும் ஒரு புள்ளி. புள்ளியே பூஜ்யமானால் தசமத்துக்குப் புள்ளி வைக்க முடியுமா? 3.75 என்பது 3,075 ஆகிவிடுமே! அதனால் அந்த வரிசையில் தசமத்துக்குக் காற்புள்ளி போன்ற தனிக்குறி உண்டு. சமீப காலமாக வளைகுடா இதழ்கள் பலவும் 1, 2, 3க்கு மாறிவருகின்றன.

அச்சுக் கோப்பவர் கையால் செய்ததை இப்போது கணினி செய்கிறது. எழுத்தும் எண்ணும் தட்டச்சு செய்யப்பட்ட வரிசையில்தான் நினைவகத்தில் கிடக்கும். அவற்றைத் திரையில் எந்தத் திசையில் பரப்புவது என்பதை யூனிகோடின் இருதிசை விதிகள் முடிவு செய்கின்றன. அரபு எழுத்து என்றால் வலமிருந்து, இலக்கம் என்றால் இடமிருந்து. தொல்லை கொடுப்பவை சுயமான திசை இல்லாத குறிகள்: கோடு, அடைப்பு, சதவீதம். அவை அக்கம்பக்கத்தைப் பார்த்துத் திரும்பும். அரபு வரியில் 10-20 என்று தட்டினால் 20 இடப்பக்கமும் 10 வலப்பக்கமுமாக விழும். வலமிருந்து வாசிப்பவருக்கு அது சரியான வரிசைதான். அதுவே தொலைபேசி எண் என்றால் வினை. நஷ்டத்தைக் காட்டும் கழித்தல் குறி எண்ணின் வலப்பக்கம் ஒட்டிக்கொள்வதும் உண்டு. ஒரு பங்கு 2 சதவீதம் விழுந்ததா உயர்ந்ததா என்பது அந்தச் சின்னக் கோட்டில் இருக்கிறது. வணிகப் பக்கத்தைப் பார்க்கும் உதவி ஆசிரியர் அதை மென்பொருளை நம்பி விட்டுவிட முடியாது.

வாசிக்கும் திசை மூளைக்குள் எவ்வளவு தூரம் போகிறது? பிரான்சின் ஸ்தனிஸ்லாஸ் தெஹேன் குழு 1993இல் ஒரு சோதனையை வெளியிட்டது. திரையில் தோன்றும் எண் ஒற்றையா இரட்டையா என்று இடது அல்லது வலது விசையை அழுத்திச் சொல்லவேண்டும். சிறிய எண்களுக்கு இடக்கையும் பெரிய எண்களுக்கு வலக்கையும் வேகமாக இயங்கின. கேட்டது ஒற்றை இரட்டை மட்டுமே என்றாலும், மனதுக்குள் எண்கள் இடமிருந்து வலமாக வரிசைகட்டி நின்றிருந்தன. 2009இல் ஷாக்கி, ஃபிஷர், பெட்ருசிக் ஆகியோர் மூன்று குழுக்களை ஒப்பிட்டார்கள். சொல்லையும் எண்ணையும் இடமிருந்து படிக்கும் கனடியர்களிடம் அதே போக்கு தெரிந்தது. வட்டத்தை ஐந்தாக எழுதும் இலக்க வரிசையில் பழகி, சொல்லையும் எண்ணையும் வலமிருந்து படிப்பவர்கள் என்று ஆய்வு வகைப்படுத்திய பாலஸ்தீனர்களிடம் போக்கு தலைகீழ்: சிறியவை வலப்பக்கம். ஹீப்ரு சொல்லை வலமிருந்தும் எண்ணை இடமிருந்தும் படிக்கும் இஸ்ரேலியர்களிடம் இரண்டு பழக்கமும் மோதி, உறுதியான போக்கு எதுவுமே இல்லை.

காலத்துக்கும் இப்படி ஒரு சோதனை உண்டு. பார்பரா ட்வெர்ஸ்கியும் உடன் ஆய்வாளர்களும் 1991இல் வெளியிட்ட ஆய்வில், காலை உணவு, மதிய உணவு, இரவு உணவு ஆகியவற்றுக்கு ஒவ்வொரு ஒட்டுவில்லையைத் தாளில் ஒட்டும்படி குழந்தைகளிடம் சொன்னார்கள். ஆங்கிலம் பேசும் குழந்தைகள் இடமிருந்து வலமாக ஒட்டினார்கள். அரபு பேசும் குழந்தைகளிடம் வலமிருந்து இடமாக ஒட்டுவதே மிகுந்திருந்தது. ஆனால் கூடுதலான அளவை மேலிருந்து கீழாக ஒட்டுவதை எல்லா மொழிக் குழந்தைகளும் தவிர்த்தார்கள். மேலே என்றால் அதிகம் என்பதில் மனிதர்களுக்குள் வழக்கில்லை. எது முன், எது பின் என்பதில்தான் வழக்கு. சந்தை வரைபடத்தின் நெடுக்குக் கோடு எல்லோருக்கும் ஒன்று; கிடைக்கோடு அவரவர் பள்ளிக்கூடத்தில் கற்றது. அரபு வணிக இதழ்களில் இரண்டு வகை வரைபடங்களும் வருகின்றன. பன்னாட்டு நிறுவனங்களும் மென்பொருளும் தருபவை பெரும்பாலும் இடமிருந்து ஓடுகின்றன. உள்ளூரில் வரைபவற்றில் சில வலமிருந்து ஓடுகின்றன.

திசையோடு முடிவதில்லை, நாட்காட்டியும் இரண்டு. சவுதி நாளிதழ்களின் தலைப்பில் இஸ்லாமியச் சந்திர நாட்காட்டியான ஹிஜ்ரியின் தேதியும் ஆங்கிலத் தேதியும் சேர்ந்து வரும். சந்திர ஆண்டுக்கு 354 நாள், சூரிய ஆண்டுக்கு 365. இஸ்லாமியர் செல்வத்தின் மீது செலுத்தும் கட்டாயக் கொடையான ஜகாத் சந்திர ஆண்டுக்கு 2.5 சதவீதம். ஆங்கில ஆண்டில் கணக்கு முடிக்கும் நிறுவனத்துக்குக் கூடுதல் 11 நாளைச் சேர்த்தால் அது ஏறத்தாழ 2.578 சதவீதம் ஆகிறது. அரசு ஊழியர் சம்பளம் 2016 அக்டோபரில் ஆங்கில மாதத்துக்கு மாறியபோது, சம்பள ஆண்டு அதே 11 நாள் நீண்டது. வார விடுமுறையும் மாறியிருக்கிறது. 2013 ஜூன் வரை வியாழனும் வெள்ளியும் விடுமுறை. பிறகு வெள்ளியும் சனியும். முன்பு உலகச் சந்தைகளோடு சேர்ந்து இயங்கியது வாரத்தில் 3 நாள், மாற்றத்துக்குப் பின் 4 நாள். நியூயார்க் மூடிக்கிடக்கும் ஞாயிற்றுக்கிழமை ரியாத் சந்தை திறந்திருக்கும். வெள்ளி மாலை வந்த எண்ணெய்ச் செய்திக்கு அங்கே ஞாயிறு காலையே விலை சொல்லப்படுகிறது.

இதையெல்லாம் வாசிப்பவர் யார்? வணிக நாளிதழ் என்றதும் வங்கி அதிகாரியும் இறக்குமதியாளரும் நினைவுக்கு வருவார்கள். சவுதியில் 2003 முதல் அந்த வட்டம் விரிந்தது. அரசு நிறுவனப் பங்குகள் பொதுமக்களுக்கு விற்கப்பட்டன. குடும்பத்தில் உள்ளோர் பெயரிலெல்லாம் விண்ணப்பங்கள் போயின. 2003 கடைசியில் 4,437 ஆக இருந்த குறியீடு, 2005 கடைசியில் 16,712. ஆசிரியர்களும் ஓய்வுபெற்றவர்களும் பங்கு அட்டவணையில் விரல் வைத்துப் படித்த காலம் அது. சந்தையில் நடந்த கொடுக்கல் வாங்கலில் மிகப்பெரும் பங்கு தனிநபர்களுடையது. 2006 வீழ்ச்சி அவர்கள் தலையில்தான் விழுந்தது. ஆனாலும் வாசகர்கள் போய்விடவில்லை. 2019 டிசம்பரில் அரசு எண்ணெய் நிறுவனமான அராம்கோவின் பங்கு 32 ரியாலுக்கு வந்தபோது ஏறத்தாழ 50 லட்சம் தனிநபர்கள் விண்ணப்பித்தார்கள். இவர்களுக்குக் கழித்தல் குறியின் இடமும் வரைபடத்தின் திசையும் வீட்டுச் செலவுக் கணக்கு.

ஓர் எண்ணைப் புரிந்துகொள்வதில் பாதி வேலையைப் பழக்கம் செய்துவிடுகிறது. அந்தப் பழக்கத்தை மதித்து அச்சிடும் இதழே வாசகரை ஏமாற்றாத இதழ். வளைகுடாவில் வேலை பார்க்கும் தமிழர்களே, உங்கள் கையில் ஓர் அரபு வணிகப் பக்கம் கிடைத்தால், கோடு ஏறுகிறதா இறங்குகிறதா என்று பார்ப்பதற்கு முன், ஆண்டு எந்தப் பக்கத்தில் தொடங்குகிறது என்று பாருங்கள்.