ஜான் ஆபிரகாமின் திரைப்பணியும் 'அம்ம அறியான்' என்னும் தலைப்பும்

தமிழும் மலையாளமும் அருகருகே வழங்கும் இடங்களுள் எலப்புள்ளி முதலிய பாலக்காட்டு எல்லைப்பகுதிகள் குறிப்பிடத்தக்கன. இவ்விரு மொழிகளிலும் படம் இயக்கியவர் ஜான் ஆபிரகாம் (1937-1987). புனே திரைப்படக் கல்லூரியில் இரித்விக் கட்டக்கிடம் பயின்ற இவர், வணிகத் திரைப்பட மரபினின்று விலகித் தனிவழி கண்டவர். இவர் இயக்கிய முழுநீளப் படங்கள் நான்கு. அவற்றுள் 'அக்ரஹாரத்தில் கழுதை' (1977) ஒன்றே தமிழ்ப்படம். வெங்கட் சாமிநாதன் திரைக்கதை எழுதிய இப்படம், சிறந்த தமிழ்ப் படத்திற்கான தேசிய விருதைப் பெற்றது.

1984இல் நண்பர்களுடன் 'ஒடேசா' என்னும் அமைப்பை இவர் உருவாக்கினார். ஊர்தோறும் படங்களைத் திரையிட்டு மக்களிடம் திரட்டிய சிறுதொகைகளைக் கொண்டே 'அம்ம அறியான்' (1986) எடுக்கப்பட்டது. தயாரிப்பாளரையும் விநியோக முறையையும் சாராது படம் எடுக்க இயலும் என்பதை இம்முயற்சி காட்டிற்று. இதுவே இவரது இறுதிப்படமாயிற்று.

இப்படத்தின் தலைப்பு மொழிபெயர்ப்பாளர் கருதத்தக்க ஒன்றாகும். தமிழ் எழுத்தில் அவ்வாறே பெயர்த்து எழுதினால், 'அறியான்' என்பது ஆண்பால் ஒருமை எதிர்மறை வினைமுற்றாகத் தோன்றும். 'அம்ம' என்பதோ பழந்தமிழில் 'கேள்' என்னும் பொருள்தரும் இடைச்சொல். எனவே 'கேள், அவன் அறியமாட்டான்' எனப் பொருள்கொள்ள இடமுண்டு. மலையாளத்தில் இதன் பொருள் 'அம்மா அறியும்பொருட்டு' என்பதாகும். இங்குள்ள 'ஆன்' நோக்கப்பொருளில் வரும் வினையெச்ச விகுதி. 'அறியுவான்' என்னும் வடிவமே 'அறியான்' எனக் குறுகிற்று. நன்னூலார் வினையெச்ச வாய்பாடுகளுள் கூறும் வான், பான் என்பனவற்றோடு இஃது ஒப்பிடத்தக்கது. 'உண்பான் வந்தான்' என்பதில் 'உண்பான்' உண்ணும்பொருட்டு என எச்சமாய் நிற்றல் காண்க. இன்றைய தமிழில் இவ்வெச்சங்கள் வழக்கொழிந்து, 'அறிய' என்னும் செயவென் எச்சமே அவ்விடத்தை ஏற்றுள்ளது. மலையாளமோ அப்பழைய அமைப்பை அன்றாடப் பேச்சிலும் போற்றி வருகிறது.

தலைப்பின் பொருள் படத்தின் அமைப்போடு பிரிக்கவியலாதது. தில்லிக்குப் புறப்படும் புருஷன், தன் தாய்க்குத் தவறாது கடிதம் எழுதுவதாக வாக்களிக்கிறான். வழியில் ஓர் இளைஞனின் உடலைக் காண்கிறான். அவ்விறப்பைக் கொச்சியிலுள்ள இளைஞனின் தாய்க்கு அறிவிக்கத் தோழர்களைத் திரட்டிச் செல்கிறான். படம் முழுவதும் மகன் தாய்க்கு எழுதும் கடிதமாக அமைகிறது. ஆகவே தலைப்பு ஒரு கடிதத்தின் தொடக்கம். அதனை எதிர்மறையாகக் கொள்ளின் படத்தின் கருத்தே தலைகீழாகிவிடும். ஆங்கிலத்தில் வழங்கும் தலைப்பைத் தழுவித் 'தாய்க்கு ஓர் அறிக்கை' எனப் பெயர்த்தாலும், கடிதத்தின் நெருக்கம் நீங்கி அலுவலகத் தொனி புகுந்துவிடுகிறது. 'அம்மா அறிய' என்பதே பொருளுக்கும் தொனிக்கும் பொருந்துவதாகும்.

அயன்மொழிச் சொல்லைக் கண்டவிடத்து மொழிபெயர்ப்பாளர் அகராதியை நாடுவர். இனமொழிச் சொல்லைக் கண்டவிடத்து நாடுவதில்லை. பிழை நுழையும் வாயில் அதுவே எனலாம்.